தாசில்தார் என்று ஒரு மகள்

எனக்குத் தாசில்தார் என்று பெயர் வைத்தவர் என் அப்பா. மகள் பெரிய உத்தியோகத்துக்கு வர வேண்டும் என்ற ஆசையில் வைத்தார் என்று ஊரே நம்பியது. ஐந்தாம் வகுப்பு டீச்சர் அதைச் சொல்லிச் சொல்லியே என்னை எழுப்பி நிற்கவைப்பார். ஆசையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் திட்டித் தீர்க்க அவருக்கு ஒரு தாசில்தார் வேண்டியிருந்தது. அந்த நேரம் பார்த்து நான் பிறந்து தொலைத்தேன்.

இப்போது ஒரகடத்தில் ஒரு கம்பெனியில், ஸ்டோர்ஸில் வேலை பார்க்கிறேன். கேட்டுக்குப் புதிதாக வருகிற ஒவ்வொரு செக்யூரிட்டியும் என் ஐடி கார்டைப் பார்த்துவிட்டு, "மேடம், இது பேரா, போஸ்ட்டா?" என்று சிரிப்பான். ஆபீஸில் சில நல்ல மனசுக்காரர்கள், "பெத்தவரு எவ்ளோ கனவோட வச்சிருப்பாரு" என்று உருகுவார்கள். சிரிக்கிறவனை மன்னித்துவிடலாம். உருகுகிறவர்களைப் பார்த்தால்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

எங்கள் ஊர் சேரப்பணஞ்சேரிக்குப் பக்கம். அப்பா அந்த ஊருக்குத் தலையாரி. கிராம அதிகாரிக்குப் பின்னால் பதிவேட்டுக் கட்டைத் தூக்கிக்கொண்டு நடக்க வேண்டும், தண்டோரா போட வேண்டும், தினமும் தபால் எடுத்துக்கொண்டு தாலுக்கா ஆபீஸ் போக வேண்டும். அரசாங்கம் சொன்ன வேலை அவ்வளவுதான். தாலுக்கா ஆபீசுக்குள் காலை வைத்துவிட்டால் சொல்லாத வேலை வரிசையாக வரும். தாசில்தார் வீட்டுக்குக் காய்கறி வாங்கிப் போட வேண்டும், ஜீப்பைக் கழுவ வேண்டும், அவர் பிள்ளையை ஸ்கூலில் விட்டுவிட்டு வர வேண்டும். தாசில்தார்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள், "டேய்" மட்டும் மாறவில்லை.

நான் பிறந்த வாரம் நல்ல மழை. ஏரிக்கரை உடைந்துவிட்டது. பார்வையிட வந்த தாசில்தார் முழங்கால்வரை சேற்றில் இறங்கிவிட்டு, கரையேறி ஒரு கல்லின்மேல் உட்கார்ந்து காலை நீட்டினார். அப்பா தண்ணீர் ஊற்றினார். துடைக்கத் துணி இல்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்துத் துடைத்தார். "விரல் இடுக்குல சேறு இருக்கு பாரு, கண்ணு தெரியல? நாயே, சரியாத் தொடைடா" என்றாராம் தாசில்தார். ஊர்க்காரர்கள் சுற்றி நின்று பார்த்தார்கள். அப்பா அதே துண்டைப் பிழிந்து தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்தார். தூளியில் பெயரில்லாமல் கிடந்த என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இதுக்குப் பேரு தாசில்தாரு" என்றார்.

அம்மா விளையாட்டென்று நினைத்தார். மறுநாளே அப்பா கிராம அதிகாரியிடம் சொல்லிப் பிறப்புப் பதிவேட்டில் ஏற்றிவிட்டார். அந்த அதிகாரியும் தாசில்தாரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவர்தான். விழுந்து விழுந்து சிரித்துவிட்டு, அழகான கையெழுத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறார். எந்தப் பேப்பர் எந்த மேசைக்குப் போகும் என்று ஊருக்கே சொல்லித் தருகிற மனிதர் அப்பா. தன் மகள் பேப்பரும் ஒருநாள் தாசில்தார் மேசைக்குத்தான் போகும் என்று அவர் புத்திக்கு எட்டவில்லை.

எனக்கு விவரம் தெரிந்த நாள் முதல் சாயங்காலம் என்றால் ஒரு செம்புத் தண்ணீரும் ஒரு துண்டும்தான். அப்பா வாசல் கல்லில் வந்து உட்கார்ந்து காலை நீட்டுவார்.

"ஏய் தாசில்தாரு! எங்க போய்த் தொலைஞ்ச நாயே? தண்ணி எடுத்தாந்து ஊத்து."

நான் ஊற்றுவேன்.

"இன்னா பாத்துகினு நிக்கிற? தொட. வெரல் இடுக்குல தொட. உனக்கெல்லாம் எவன் வேல குட்த்தான்?"

நான்கு வயதில் நான் எங்கே வேலை பார்த்தேன்? அதைக் கேட்கக்கூடத் தெரியாத வயது. முதுகில் ஓர் அடி விழும். அதற்கப்புறம் அவர் முகம் தெளிந்துவிடும். சிரித்த முகமாகச் சோறு கேட்பார். பகலெல்லாம் எத்தனை "டேய்" வாங்கியிருக்கிறார் என்பது என் முதுகுக்குத்தான் தெரியும். வேறு எதற்கும் அவர் என்னை அடித்ததில்லை, மிட்டாய்கூட வாங்கித் தருவார். அதனால் வெளியே நல்ல அப்பா என்று பெயர். அந்தப் பெயரை நினைத்தால் இன்றும் எனக்கு வயிறு எரிகிறது.

1991ஆம் வருஷம் நான் ஐந்தாவது முடித்தேன். ஆறாவதற்கு வாலாஜாபாத்தில் ஆஸ்டலோடு ஒரு பெண்கள் பள்ளி இருக்கிறது என்று டீச்சர் சொன்னார். ஆஸ்டல் என்ற சொல்லைக் கேட்டதும் எனக்கு ஒன்றுதான் தோன்றியது. அங்கே சாயங்காலம் உண்டு, செம்பு கிடையாது. அந்த இடம் கிடைக்கச் சாதிச் சான்றிதழ் வேண்டும். சான்றிதழில் தாசில்தார் கையெழுத்துப் போட வேண்டும்.

"நைனா, சர்டிபிகேட்டு" என்று கேட்டேன். அப்பா சரியென்று தலையை ஆட்டினார். ஒரு வாரம் போனது. மறுபடி கேட்டேன். "அய்யா கேம்ப்பு போயிருக்காரு" என்றார். மூன்றாம் தடவை கேட்டபோது எரிந்து விழுந்தார். "பொம்பளப் புள்ளைக்கு இன்னாத்துக்கு வாலாஜாபாத்து? அஞ்சாவதே ரொம்ப ஜாஸ்தி."

அம்மாதான் எனக்கு விஷயத்தைச் சொன்னார். பள்ளிக்கூடத்துக்குப் போய், என் பெயரை மாற்றி எழுதித் தரச்சொல்லி அப்பா தலைமை ஆசிரியரிடம் கெஞ்சியிருக்கிறார். பிறப்புப் பதிவேட்டில் அப்படித்தானே இருக்கிறது, நீதானே எழுதவைத்தாய் என்று அவர் திருப்பி அனுப்பிவிட்டார். பத்து வருஷமாக ஆபீஸில் என்னைப் "பாப்பா" என்றே சொல்லி மறைத்திருக்கிறார் அப்பா. எதற்காக வைத்த பெயர் என்று யாராவது ஒரு வார்த்தை போட்டுக்கொடுத்துவிட்டால் வேலை போய்விடும் என்று பயம். திட்டுவதற்கு இருந்த தைரியம் ஒரு பேப்பரை நீட்ட இல்லை.

"கடேசி தேதி எப்போ?" என்று அம்மா கேட்டார்.

"வெள்ளிக்கெழம."

"அப்ப நாம போவலாம் வா."

அம்மா அதற்கு முன் தாலுக்கா ஆபீஸ் வாசலை மிதித்ததில்லை. மனுவை நானே எழுதினேன். அனுப்புநர் என்று போட்டுக் கீழே என் பெயர். பெறுநர் என்று போட்டுக் கீழே அவர் பதவி. இரண்டும் ஒரே சொல். எனக்கு அதில் சிரிப்பு வரவில்லை.

நாங்கள் போன அன்று ஜமாபந்தி நடந்துகொண்டிருந்தது. வருஷத்துக்கு ஒருமுறை ஊர் ஊராகப் பதிவேடுகளைக் கொண்டுவரச் சொல்லிச் சரிபார்ப்பார்கள், ஜனங்களிடம் மனுவும் வாங்குவார்கள். ஆபீஸ் முன்னால் பெரிய ஷாமியானா. அதன் கீழே ஐம்பது அறுபது பேர். சரிபார்க்க வந்த மேலதிகாரி சாப்பிடப் போயிருக்க, மேசையில் தாசில்தார் உட்கார்ந்து மனு வாங்கிக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால் தலையாரிகள் வரிசையாக நின்றார்கள். மூன்றாவது ஆள் அப்பா. எங்களைப் பார்த்ததும் அவர் முகம் செத்துப்போனது. போ, போ என்று இடுப்புக்குக் கீழே கையை ஆட்டினார். அம்மா என் தோளைப் பிடித்து முன்னால் தள்ளினார்.

தாசில்தார் மனுவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"என்னம்மா, பேர் எழுதற இடத்துல என் பதவிய எழுதியிருக்க?"

"அதான் சார் என் பேரு."

மேசையைச் சுற்றி நின்றவர்கள் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்கள். யார் வீட்டுப் பெண் என்று அவர் கேட்டார். எங்கள் கிராம அதிகாரி, "நம்ம தலையாரி பொண்ணுங்க சார்" என்று அப்பாவைக் காட்டினார்.

தாசில்தார் நாற்காலியோடு திரும்பினார். அப்பாவை மேலும் கீழும் பார்த்தார். பிறகு அவருக்குச் சிரிப்பு வந்தது. முகமெல்லாம் பூரித்துப் போய்விட்டது.

"ஏன்யா, நம்ம உத்தியோகத்து மேல உனக்கு இவ்ளோ மரியாதையா?"

"ஆமாங்கய்யா. அய்யா மாதிரி வரணும்னுதாங்க" என்றார் அப்பா. துண்டு தோளிலிருந்து அக்குளுக்கு இறங்கியிருந்தது.

எனக்கு அந்த மேசையையே தூக்கிக் கவிழ்க்க வேண்டும் போல இருந்தது. இத்தனை வருஷம் வாங்கிய அடியை, ஒரு நொடியில் மரியாதை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக்கொண்டார்கள் இரண்டு பேரும்.

தாசில்தார் என் பக்கம் குனிந்தார். கொஞ்சுகிற குரலில் கேட்டார். "வீட்ல உங்கப்பா உன்ன எப்படிக் கூப்பிடுவாரு?"

நாக்கு நுனியில் இருந்தது. ஏய் தாசில்தாரு, நாயே. அவ்வளவுதான், மூன்று வார்த்தை. அப்பா என்னைப் பார்த்த பார்வையில் கெஞ்சல் இருந்தது. அப்படி அவர் என்னைப் பார்த்ததே இல்லை. சொல்லியிருந்தால் அவர் வேலை போயிருக்கும், என் சான்றிதழும் போயிருக்கும். அவர்மேல் இரக்கப்பட்டு நான் வாயை அடக்கிக்கொண்டதாக யாரும் நினைக்க வேண்டாம். அதைவிட நல்லதாக ஒன்று எனக்குத் தோன்றிவிட்டது.

"வாங்க போங்கன்னுதான் சார் கூப்புடுவாரு. கையக் கட்டிகினு."

தாசில்தார் மேசையில் தட்டிச் சிரித்தார். "அப்படியா! எங்க, ஒரு தடவ கூப்பிடுய்யா, நாங்களும் கேக்கறோம்."

அப்பா வரிசையை விட்டு முன்னால் வந்தார். கையைக் கட்டினார். தரையைப் பார்த்துக்கொண்டு, "தாசில்தார் அம்மா, வாங்க" என்றார்.

நான் நகரவில்லை.

"சத்தமா சொல்லு நைனா. காதுல வுழல."

ஷாமியானாவே சிரித்தது. அம்மா என் தோளைக் கிள்ளினார். அப்பா தலையை நிமிர்த்தி, தண்டோரா போடுகிற குரலில், "தாசில்தார் அம்மா! வாங்க!" என்றார். நான் மெதுவாக நடந்து அவர் முன்னால் போய் நின்றேன். அவ்வளவு சந்தோஷம் எனக்கு அதற்கு முன்னும் வந்ததில்லை, பின்னும் வந்ததில்லை. ஜோராகத்தான் இருந்தது, பொய் சொல்ல மாட்டேன்.

சான்றிதழில் அங்கேயே கையெழுத்து விழுந்தது. பஸ்ஸில் திரும்பும்போது அம்மா என்னோடு பேசவில்லை. எனக்கும் பேச நேரமில்லை. அந்தக் காட்சியை மனசுக்குள் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

அன்று சாயங்காலம் அப்பா வந்து கல்லில் உட்கார்ந்தார். காலை நீட்டினார். நான் செம்போடு போனதும் காலை இழுத்துக்கொண்டார். "உங்கம்மாவ வரச் சொல்லு" என்றார். அம்மா போய் ஊற்றினார், துடைத்தார். நான் உள்ளே உட்கார்ந்து சான்றிதழை விரித்து வைத்துப் படித்துக்கொண்டிருந்தேன். தப்பித்தேன் என்றுதான் நினைத்தேன். பத்து நாளில் ஆஸ்டலுக்குப் போய்விட்டேன்.

காலாண்டு லீவுக்கு வந்தபோது அம்மாவின் இடது காது வீங்கி, தோடு போட முடியாமல் இருந்தது. மணிக்கட்டில் பழைய காயம் ஒன்று, புதிது ஒன்று.

"இன்னாம்மா இது?"

"ஒண்ணும் இல்ல."

விடாமல் கேட்டேன். அடுப்பைப் பார்த்துக்கொண்டே அம்மா சொன்னார். "நீ இருந்த வரைக்கும் உம் பேர வச்சிதான் திட்னாரு. முக்காவாசி அந்தப் பேரு மேல போய்டும், உம் முதுகுல ஒரு அடியோட முடிஞ்சிரும். எனக்கு அந்த மாதிரி பேரு இன்னா கீது? எல்லாம் ஆளு மேலயேதான் வுழுது."

குரலில் என்மேல் கோபம் துளியும் இல்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை.

அன்று சாயங்காலம் அப்பா வந்து கல்லில் உட்காரும் சத்தம் கேட்டது. அம்மா எழுந்திருப்பதற்குள் நான் செம்பை எடுத்துக்கொண்டு ஓடினேன். துண்டையும் தோளில் போட்டுக்கொண்டேன். அவர் முன்னால் போய் நின்றேன்.

"நைனா, நானே ஊத்தறேன். எப்பவும் போல என்னியே திட்டு. அம்மாவ வுட்டுரு."

அப்பா எழுந்து நின்றார். ஷாமியானாவில் கட்டியது போலவே கையைக் கட்டினார். கேலி செய்கிறார் என்று நினைத்து முகத்தைப் பார்த்தேன். கேலி இல்லை. தாசில்தார் மேசைக்கு முன்னால் பார்த்த அதே முகம்.

"வேணாங்க" என்றார்.

பின்னாலேயே அம்மா வந்து என் கையிலிருந்த செம்பை வாங்கிக்கொண்டார்.