கைதான கதினாக்கள்

போன வாரம் போலீஸார் ஒரு டஜன் கதினாக்களைக் கைப்பற்றினார்கள்.

கதினா தெரியாத வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. கையுரல் அளவுக்கு ஓர் இரும்புக் குழல். ஒரு பக்கம் அடைப்பு. உள்ளே கரிமருந்து போட்டு, மேலே செங்கல் பொடியை இட்டு இறுக்கி, அடியில் இருக்கும் துவாரத்தில் நெருப்பு வைத்தால்... ஊரே அதிரும். வாணம் போல வெளிச்சம் கிடையாது, பூ கிடையாது. வெறும் சத்தம். பாறசாலையிலிருந்து கடற்கரை வரைக்கும் அம்மன் கோயில் கொடையானாலும் சரி, மாதா கோயில் பெருநாளானாலும் சரி, கதினா இல்லாமல் காரியம் தொடங்காது. சாமிகள் வேறு, சத்தம் ஒன்று.

அந்தக் கதினாக்கள் இப்போது ஒரு போலீஸ் ஸ்டேஷனின் மூலையில் வரிசையாக நிற்கின்றன. ஒவ்வொன்றிலும் ஒரு சீட்டு ஒட்டியிருக்கிறது. சீட்டில் ‘ஆயுதம்’ என்று எழுதியிருக்கிறது. நானே பார்த்தேன். எந்த ஸ்டேஷன் என்று மட்டும் கேட்காதீர்கள் — பத்திரிகை ஆசிரியர் எழுத வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அவருக்கும் குடும்பம் இருக்கிறது.

நடந்தது இதுதான்.

பீற்றர் எங்கள் அச்சகத்தில் எழுத்துக் கோர்க்கும் கம்பாஸிட்டர். பொழியூர்க்காரர். என் கையெழுத்தைப் படிக்க முடிந்த ஒரே மனிதர் என்பதால் அவர் மேல் எனக்கு எப்போதும் மரியாதை உண்டு. ஒருநாள் காலை என் மேஜைக்கு எதிரே வந்து நின்றார். கையில் மை கூட இல்லை. வேலையைத் தொடங்கவே இல்லை என்று புரிந்தது.

“எனக்க அளியனப் பிடிச்சிற்றுப் போயாச்சு சார்.”

அளியன் என்றால் தங்கை திரேசம்மாவின் கணவர் மரியதாசன். கட்டுமரத்தில் கடலுக்குப் போகிறவர்.

“என்ன கேஸ்?”

“வெடிமருந்து.”

நான் பேனாவை மூடி வைத்தேன். வேறு காலமாக இருந்தால் சிரித்திருப்பேன். இப்போது இந்தப் பக்கத்தில் அந்த வார்த்தையைச் சொல்லிவிட்டு யாரும் சிரிப்பதில்லை.

காரணம் உங்களுக்குத் தெரியும். மலையாள ராஜ்யத்தின் தெற்குத் தாலுகாக்கள் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்று கிளர்ச்சி. நெய்யாற்றின்கரைத் தாலுகாவில் எந்த ஊர் அங்கே, எந்த ஊர் இங்கே என்று ஒவ்வொரு டீக்கடை மேஜையிலும் சிந்திய டீயில் விரலை நனைத்துத் தேசப்படம் வரைகிறார்கள். பஸ் எரிந்திருக்கிறது. தந்திக் கம்பி அறுபட்டிருக்கிறது. போன மாதம் ரோட்டோரம் ஒரு நாட்டு வெடிகுண்டு வெடித்து, காவலுக்கு நின்ற கான்ஸ்டபிளுக்கு வலது கையில் மூன்று விரல்கள் போய்விட்டன. அந்த மனிதரை ஆஸ்பத்திரியில் பார்த்தேன். இடது கையால் பீடி பற்றவைக்கப் பழகிக்கொண்டிருந்தார். தீக்குச்சி ஒவ்வொன்றாகத் தரையில் விழுந்துகொண்டிருந்தது.

அந்தக் குண்டில் இருந்ததும் கரிமருந்துதான். ஆகவே போலீஸ் கரிமருந்தைத் தேடியதில் தப்பில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

ஆனால் மரியதாசன் வீட்டுக்கு மருந்து ஏன் வந்தது? அவர்தான் அந்த ஊர் மாதா கோயில் பங்கின் கதினாக்காரர். பெருநாளுக்கு மருந்து வாங்கக் கோயில் பேரில் லைசென்ஸ் இருக்கிறது. கோயிலின் சாமான் அறையில் வைத்திருந்தார்கள். கடலோ வருஷா வருஷம் உள்ளே ஏறி வருகிறது. அறைச் சுவரெல்லாம் உப்பு பூத்து ஈரம். நனைந்த மருந்து வெடிக்காது. எனவே டின்னை எடுத்து மரியதாசன் வீட்டு அடுக்களைப் பரண்மேல் வைத்தார்கள் — அடுப்புச் சூட்டில் காய்ந்து இருக்கட்டும் என்று! சொந்த வீட்டு அடுப்புக்கு மேலே வெடிமருந்தை வைத்துவிட்டு அதன் கீழே மீன்குழம்பு கொதிக்கவிடுகிற மனிதரை நீங்கள் மடையர் என்று சொல்லலாம். சதிகாரர் என்று சொல்ல முடியுமா?

சோதனைக்கு வந்தவர்கள் டின்னைப் பார்த்தார்கள். மத்தியானக் கஞ்சிக்கு உட்கார்ந்திருந்தவரைக் கைகழுவச் சொல்லி அழைத்துப் போனார்கள்.

நானும் பீற்றரும் பஸ் ஏறினோம். ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர் எங்களை உட்காரச் சொன்னார். நல்ல மனிதர். பேச்சில் மலையாளமும் தமிழும் சரிபாதி.

“நோக்கு சாரே, இவன் பாவம். எனக்கு அறியாம், நல்லாத் தெரியும். கட்சியும் இல்ல, கொடியும் இல்ல. பக்ஷே வீட்டில் மருந்து உண்டு, லைசென்ஸ் கோயில் பேரில். கேஸ் போடாம இருக்கப் பற்றுமோ?”

“முடியாது,” என்று ஒப்புக்கொண்டேன்.

“வெள்ளிக்கிழமை கோர்ட். ஜாமீன் கேளுங்க. நான் எதிர்க்கல்ல. போதுமா?”

போதும். சாதாரணச் சட்டத்தின் அழகே அதுதான். நீ இதைச் செய்தாய் என்று ஒருவர் சொல்வார். இல்லை என்று இவர் சொல்வார். நடுவில் ஒரு மாஜிஸ்ட்ரேட் கொட்டாவி விட்டபடியாவது இரண்டையும் கேட்பார்.

பொழியூருக்குப் போய்ச் சொன்னோம். திரேசம்மா நம்பவும் இல்லை, நம்பாமலும் இல்லை.

“வெள்ளிக்கிழமை வருவாரா சாரே? நெசமா?”

“இன்ஸ்பெக்டரே சொன்னார்.”

“அவரு சொல்லுதது இருக்கட்டும். நீங்க சொல்லுங்க.”

“வருவார்,” என்றேன்.

அதற்குள் கரையில் நின்றிருந்தவர்கள் எல்லாரும் வந்துவிட்டார்கள். செபஸ்தி என்று ஒருவர். வள்ளம் வைத்திருப்பவர், குரலும் வள்ளத்தளவு.

“அந்தப் போலீசுகாரனுவளுக்குக் கதினாண்ணா என்னண்ணே தெரியாது சார். எல்லாம் வடக்க உள்ள ஆளுவ. குண்டுண்ணு நெனச்சிற்றானுவ. கதினாவக் கொண்டுபோய் மேசையில வச்சுக் காட்டினா முடிஞ்சுது சோலி.”

“வெள்ளிக்கிழமைதான் விடுகிறார்களே? பொறுங்கள்.”

“விடுவானுவ. ஆனா குண்டு வச்சவன்னு பேரு நிக்குமே? அந்தப் பேரோட அவன் பெருநாள் கொடியேற்றத்துக்கு வந்து வெடி போடுவானா? சொல்லுங்க.”

“கூட்டமாகப் போனால் உங்களையும் உள்ளே தள்ளுவார்கள்.”

“கூட்டமா? யாரு போறா கூட்டமாட்டு? அஞ்சு பேரு கூடப்பிடாதுண்ணு தமுக்கடிச்சுச் சொல்லியாச்சு. எங்களுக்குச் சட்டம் தெரியும் சார்.”

பின்னாலிருந்து ஒரு குரல்: “நாலு பேரு போலாம், இல்லியா?”

“நாலு பேரு போலாம் மக்கா!”

எல்லாரும் சிரித்தார்கள். வெற்றுப் பேச்சு என்று நினைத்து நானும் சிரித்துவிட்டுப் பஸ் ஏறினேன்.

மறுநாள் அவர்கள் போனார்கள்.

நான் அங்கே இல்லை. இரண்டு தரப்பையும் கேட்டு எழுதுகிறேன். இரண்டு தரப்பும் சொல்வது ஒன்றேதான் — அதுதான் இதில் கொடுமை.

பன்னிரண்டு பேர். தலைக்கு ஒரு கதினா. சட்டத்தை மீறக் கூடாது என்பதால் நாலு நாலு பேராகப் பிரிந்தார்கள். ஒரே ரோட்டில் போனால் பன்னிரண்டு பேர் சேர்ந்த கணக்காகிவிடும் என்று மூன்று வழியாகப் போனார்கள். கோஷம் போட்டதாக யாரும் சொல்லிவிடக் கூடாது, எனவே வழியில் வாய் திறக்கவில்லை. பெருநாளுக்கு முன்னால் கதினாவை மூடாமல் வெளியே எடுக்கும் வழக்கம் இல்லை, எனவே சாக்கில் சுற்றியிருந்தார்கள்.

இப்போது ஸ்டேஷன் வாசலில் நிற்கிற சென்ட்ரியின் கண்ணால் பாருங்கள். மூன்று திசையிலிருந்து, நாலு நாலு பேராக, பேச்சு மூச்சில்லாமல், சாக்கில் சுற்றிய கனமான இரும்பைச் சுமந்துகொண்டு ஆட்கள் ஸ்டேஷனை நெருங்குகிறார்கள். சக கான்ஸ்டபிளின் விரல்கள் போய் ஒரு மாதம்தான் ஆகிறது. நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்?

அவர் துப்பாக்கியைத் தூக்கினார்.

முன்னால் போன செபஸ்தி, நிரபராதி என்று காட்டுவதற்காக, கதினாவை இறக்கி அவசர அவசரமாகச் சாக்கை அவிழ்க்கத் தொடங்கினார். உலகத்தில் அந்த நேரத்தில் செய்யக் கூடாத காரியம் ஒன்றே ஒன்றுதான். அதைச் செய்தார்.

“எலே, சுடாத! கோயிலுக்க கதினாவாக்கும்! கோயிலுக்க கதினா!”

சென்ட்ரி சுடவில்லை. அவருக்கு யாரும் மெடல் கொடுக்கப் போவதில்லை. என்னிடம் இருந்தால் கொடுப்பேன்.

பன்னிரண்டு பேரையும் மாலைவரை உட்காரவைத்து, எச்சரித்து அனுப்பிவிட்டார்கள். கதினாக்கள் மட்டும் அங்கேயே தங்கின.

இத்தோடு முடிந்திருந்தால் இதைச் சிரிப்புப் பத்தியாக எழுதியிருப்பேன். வெள்ளிக்கிழமை நாங்கள் கோர்ட்டுக்குப் போனபோது மரியதாசன் அங்கே இல்லை. மேலிடத்திலிருந்து ஆர்டர் வந்துவிட்டது. தடுப்புக் காவல். ஜாமீன் கிடையாது, விசாரணை கிடையாது. ஜெயிலுக்கு மாற்றிவிட்டார்கள்.

அவர் கையில் ஒரு காகிதம் கொடுத்திருக்கிறார்கள். காவலுக்கான காரணம். இங்கிலீஷில். வீட்டில் தமிழும் சந்தையில் மலையாளமும் பூசையில் லத்தீனும் கேட்டு வளர்ந்த மனிதருக்கு நாலாவதாக ஒரு பாஷை. சுருக்கம் இது: இவரை விடுவிக்க ஆட்கள் பல குழுக்களாகப் பிரிந்து ஆயுதங்களுடன் ஸ்டேஷனை நோக்கி வந்தார்கள், இவரை வெளியே விட்டால் பொது அமைதி கெடும். மேற்கொண்டு விவரம் வெளியிடுவது பொதுநலனுக்கு உகந்தது அல்ல.

கவனியுங்கள். வந்தவர்கள் வீட்டில் இருக்கிறார்கள். அவர்கள் வந்தபோது பூட்டிய லாக்கப்புக்குள் உட்கார்ந்திருந்தவர் ஜெயிலில் இருக்கிறார்.

இன்ஸ்பெக்டரிடம் மறுபடி போனேன். இம்முறை அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை.

“அவர்கள் எதற்காக வந்தார்கள் என்று உங்களுக்குத் தெரியுமே?”

“அறியாம்.”

“ரிப்போர்ட்டில் அதை எழுதினீர்களா?”

“எழுதி. வந்தது எப்படின்னும் எழுதி. மேலே உள்ளவர் எதை வாசிக்கும்?” பேப்பர்வெயிட்டை நகர்த்தி வைத்தார். “சாரே, நான் ஒரு பாவப்பட்டவனை உள்ளே வச்சால் என்னை ஆரும் கேட்கமாட்டார். ஒருத்தனை வெளியே விட்டு நாளை ஒரு பஸ் எரிந்து போனால்? என் தொப்பி போகும். நீங்களே எழுதுவீர், போலீஸ் உறங்கிப்போச்சுன்னு.”

எழுதுவேன். அவர் சொன்னது சரி.

இந்த விஷயத்தில் எனக்குத் தெரிந்த நியாயம் முழுக்க அந்த ஒரு பேச்சில் அடங்கிவிட்டது. குண்டு உண்மை. விரல்கள் போனது உண்மை. குடிமக்களைக் காப்பாற்ற அரசாங்கத்துக்கு அதிகாரம் வேண்டும் என்பதும் உண்மை. ஆனால் கோர்ட் கேட்பது, ‘நீ என்ன செய்தாய்?’ என்று. இந்தச் சட்டம் கேட்பது, ‘நீ என்ன செய்வாய்?’ என்று. முதல் கேள்விக்குச் சாட்சி கொண்டுவரலாம். இரண்டாவதற்கு யாரைக் கொண்டுவருவது? ஜோசியரையா?

தப்பாகப் பிடித்தால் யாருக்கும் நஷ்டமில்லை, தப்பாக விட்டால் பிழைப்பே போகும் என்று ஒரு தராசு செய்து வைத்திருக்கிறோம். அதில் எந்த நல்ல மனிதரை உட்காரவைத்தாலும் முள் ஒரே பக்கம்தான் சாயும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். கிளர்ச்சிக்கார நண்பர்களுக்குக் கோபம் வரும், பரவாயில்லை. எல்லைக் கல்லைப் பிடுங்கி நெய்யாற்றுக்கு அந்தப் பக்கமே நட்டாலும் மரியதாசன் வெளியே வரமாட்டார். இந்தச் சட்டம் கல்லுக்கு இரண்டு பக்கமும் அதே சட்டம்தான். நமது வீட்டுக்குள் வந்த பிறகும் இதே சாவி, இதே பூட்டு. அதைப் பற்றி எந்த மேடையிலும் ஒருவர் பேசி நான் கேட்கவில்லை.

சரி, வழியே இல்லையா? இருக்கிறது என்கிறது சட்டம். ஆலோசனைக் குழு ஒன்று கூடும். கைதி தன் தரப்பை மனுவாக எழுதிக் கொடுக்கலாம். வக்கீல் கூடாது. என்ன எழுதுவது என்று நானும் பீற்றரும் ஒரு மத்தியானம் முழுக்க உட்கார்ந்தோம்.

“இனிமே வெடி வைக்கமாட்டேன்னு எழுதிரலாமா சார்?”

“எழுதலாம்.”

பீற்றர் யோசித்தார். “பெருநாளுக்கு வைப்பாரே?”

மனு அந்த இடத்திலேயே நிற்கிறது.

ஞாயிற்றுக்கிழமை கோயிலில் பெருநாள் கொடி ஏறியது. கதினா இல்லை. பாட்டு முடிந்ததும் வழக்கமாகச் சத்தம் வரும் இடத்தில் எல்லாரும் ஒரு கணம் காத்திருந்துவிட்டுப் பிறகுதான் சிலுவை போட்டார்களாம்.

திங்களன்று திரேசம்மா அண்ணனோடு அச்சகத்துக்கு வந்தார். செபஸ்தி இப்போது பங்குச் சாமியாரை அழைத்துக்கொண்டு கலெக்டர் பங்களாவுக்குப் போகலாம் என்கிறாராம். பெண்கள் மட்டும் போகலாம் என்று சிலர். கொடிமரத்தடியில் உண்ணாவிரதம் என்று வேறு சிலர்.

“நாங்க என்ன செய்யணும் சாரே? நீங்க சொல்லுததச் செய்யுதோம்.”

இத்தனை வருஷம் சட்டத்தைப் பற்றிப் பத்திரிகையில் எழுதியவன். தெரிந்ததைச் சொன்னேன்.

“ஒன்றும் செய்யாதீர்கள், அம்மா. நீங்கள் எதைச் செய்தாலும் அது அவர் தலையில்தான் விழும். எல்லாரும் சும்மா இருங்கள்.”

திரேசம்மா என்னையே பார்த்தார். கோபம் இல்லை. இந்த மனுஷருக்கு இதுகூட விளங்கவில்லையே என்கிற ஆச்சரியம் மட்டும்.

“அவரு சும்மா இருக்கும்போதாக்கும் சாரே பிடிச்சிற்றுப் போனது.”