வாசுகிக்கு ஒரு காப்பி மெஷின்

காப்பி மெஷின் விற்கிறவன் ஒரு நாளைக்குப் பத்துப் பன்னிரண்டு காப்பி போடுவான். அதில் ஒன்றுகூட அவன் ஆசைப்பட்டுப் போட்டதாக இருக்காது.

கடையில் நின்று டெமோ காட்டிப் பிழைக்கிற உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கால் வீங்கும், தொண்டை கட்டும், "சும்மா பாத்துட்டுப் போகலாம்னு வந்தோம்" என்பதைக் கேட்டும் முகம் மாறாமல் நிற்கப் பழகியிருப்போம். நான் புதுக்கோட்டை கீழ ராஜ வீதியில் ஒரு வீட்டு உபயோகப் பொருள் கடையில் பதினெட்டு வருஷமாக இருக்கிறேன். மிக்சி, கிரைண்டர், வாஷிங் மெஷின் எல்லாம் பார்த்தாயிற்று. போன வருஷம் முதலாளி தானாகக் காப்பி போடும் மெஷினில் சின்னது, நடுத்தரம், பெரியது என்று மூன்று ரகம் இறக்கி, வாசலுக்கு நேராக வரிசையாக வைத்தார். மேலே வறுத்த காப்பிக் கொட்டையைக் கொட்டி, பின்னால் தண்ணீர் ஊற்றி, பக்கத்தில் பாலை வைத்துவிட்டுப் பட்டனை அமுக்கினால் போதும். அதுவே அரைத்து, அதுவே வடித்து, கோப்பையில் இறக்கிவிடும். எல்லாம் தானாக நடந்தாலும் பட்டனை அமுக்க ஓர் ஆள் வேண்டுமே என்று என்னைப் பக்கத்தில் நிறுத்தினார்.

வீட்டில் ஒருவரை வெளிநாட்டுக்கு அனுப்பிவிட்டு இங்கே சிரித்த முகமாக வியாபாரம் பார்க்கிறவர்களுக்கு மட்டும் இன்னொன்றையும் சொல்ல வேண்டும். என் மனைவி வாசுகி மஸ்கட்டில் ஓர் ஆஸ்பத்திரியில் நர்ஸ். போய் ஆறு வருஷம் ஆகிறது. வைகாசியோடு அவளுடைய ஒப்பந்தம் முடிவதாக இருந்தது. ஒரு மாத லீவில் வந்து, திரும்பப் போவதா, இங்கேயே இருந்துவிடுவதா என்று முடிவு செய்வதாகச் சொல்லியிருந்தாள். இருந்துவிட வேண்டும் என்று எனக்கு ஆசை. அதை வாய்விட்டுக் கேட்கத் தைரியம் இல்லை. அவளுடைய ஆஸ்பத்திரியில் இந்த மாதிரி மெஷின்தான் இருக்கிறது. அந்தக் காப்பிக்கு அவள் நாக்கு பழகிவிட்டது. அதே காப்பி வீட்டிலேயே கிடைத்தால் திரும்பப் போக ஒரு காரணமாவது குறையும் என்று கணக்குப் போட்டு, மூன்றில் ஒன்றை வாங்கி வீட்டில் வைக்கத் தீர்மானித்தேன். எது என்றுதான் தெரியவில்லை. ஊருக்கெல்லாம் யோசனை சொல்கிறவனுக்குத் தனக்கென்று வந்தால் இப்படித்தான் ஆகும்.

எண்பதுக்கு இருபது

அரிமளத்தில் ஒரு பெரியவர், நில அளவைத் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர், சின்ன மெஷினை வாங்கிப் போனார். பத்து நாளில் போன் வந்தது. மெஷின் முக்குகிறதாம், காப்பி வரவில்லையாம். எங்கள் சர்வீஸ் மெக்கானிக் பழனியப்பனையும் கூட்டிக்கொண்டு போனேன். மூடியைத் திறந்தால் உள்ளே கொட்டைக்கு நடுவே கருப்பாகப் பசை மாதிரி ஒன்று இறுகிக் கிடந்தது.

பெரியவர் நாங்கள் சொன்னபடி கொட்டைதான் வாங்கியிருக்கிறார். ஆனால் நாற்பது வருஷமாகப் பொடிக்கடையில் நின்று, எண்பதுக்கு இருபது என்று சொல்லிச் சிக்கரி கலந்து வாங்கிய மனுஷருக்கு வெறும் கொட்டையைப் பார்த்ததும் மனசு கேட்கவில்லை. சிக்கரிப் பொடியைத் தனியாக வாங்கிவந்து, அளந்து, கொட்டையின் மேல் தூவியிருக்கிறார். அது கீழே இறங்காமல் நின்றதும் அரை டம்ளர் வெந்நீர் வேறு ஊற்றியிருக்கிறார். பழனியப்பன் பழைய பல் தேய்க்கும் பிரஷ்ஷால் இரண்டு மணி நேரம் சுரண்டினான். மெஷினுக்குச் சிக்கரி ஆகாது என்று நான் பக்குவமாக எடுத்துச் சொன்னேன். பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே கேட்டார்: "நல்லது பொல்லாது தெரியாத மெஷினை எதுக்குத் தம்பி விக்கிறீங்க?"

பதினொன்றரை மணி

வாசுகிக்குக் காலையில் பதினைந்து நிமிஷம் இடைவேளை. நமக்கு அப்போது பதினொன்றரை. போன் அடித்ததும் நான் வாஷிங் மெஷின் வரிசைக்குப் பின்னால் போய்விடுவேன். முதலில் அந்த ஆஸ்பத்திரி மெஷின் அரைக்கிற சத்தம் கேட்கும், பிறகு அவள் குரல் வரும். ஆறு வருஷமாக அப்படித்தான். சில நாள் அவளுக்குப் பேச முடியாமல் போன் வராது. அன்றைக்குப் பன்னிரண்டு மணிக்குமேல் வருகிற கஸ்டமர் யாராக இருந்தாலும் என்னிடம் கொஞ்சம் கடுகடுப்பைப் பார்க்க வேண்டியிருக்கும்.

அரிமளத்துக் கதையைச் சொல்லிவிட்டு, "அங்க காப்பியில சிக்கரி உண்டா?" என்று கேட்டேன். "இங்க யாருங்க சிக்கரி போடுறா? மொத மாசம் வாயில வைக்க முடியல. இப்ப பழகிருச்சு" என்றாள். அந்தப் பழகிருச்சு என்ற சொல் எனக்குப் பிடிக்கவில்லை. காப்பி பழகிவிட்டது சரி, வேறு எதெல்லாம் பழகியிருக்கும்? நான் இல்லாமல் சாப்பிடுவது, நான் இல்லாமல் காய்ச்சலில் படுப்பது? அதையெல்லாம் கேட்காமல், ஒரு கஸ்டமர் விசாரிக்கிறார் என்று பொய் சொல்லி, எந்தப் பட்டன், பால் எவ்வளவு, கசப்பு எவ்வளவு என்று கேட்டுச் சீட்டில் குறித்துக்கொண்டேன். இரண்டாவது பட்டன், பால் கம்மி, சர்க்கரை கிடையாது. போனை வைத்துவிட்டுத் திரும்பினால் பழனியப்பன் நிற்கிறான். "ஆறு மாசமா அந்த ஒரே கஸ்டமர்தாண்ணே கேக்குறாரு. அவரு வாங்குவாரா, மாட்டாரா?" என்றான்.

பிரிக்காத பெட்டி

பங்குனியில் அன்னவாசலில் ஒரு வீட்டுக்குப் பெரிய மெஷின் போயிற்று. மகன் குவைத்தில் இருந்துகொண்டே கடைக்குப் போன் பண்ணி எடுத்தது. "எங்க ஆத்தாவுக்கு அமுக்கச் சொல்லிக் குடுத்துட்டு வாங்கண்ணே" என்று மூன்று தடவை சொன்னான். மறுநாள் போனேன். கூடத்தில் டிவிக்குப் பக்கத்தில் பாய் விரித்து, அதன்மேல் பெட்டியை வைத்து, சந்தனம் குங்குமம் இட்டு, பூவும் வைத்திருந்தார்கள். நான் டேப்பை அறுக்கக் கத்தியை எடுத்ததும் அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

மகன் அடுத்த பொங்கலுக்குத்தான் வருவானாம். அதுவரை பெட்டி இப்படியே இருக்குமாம். வாரண்டி பில் போட்ட தேதியிலிருந்து ஓட ஆரம்பித்துவிடும், அவன் வருவதற்குள் முக்கால்வாசி போய்விடும் என்று எடுத்துச் சொன்னேன். நாற்காலியில் இருந்த அப்பா, "ஒரு வாய் குடிச்சுப் பாப்பமே" என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தார். அவர் பேச்சு அந்த வீட்டில் எடுபடவில்லை. இப்படிப் பிரிக்காத பெட்டிகள் நம் பக்கத்தில் எத்தனை வீட்டில் இருக்கின்றன என்பது நம்மைப் போல டெமோவுக்குப் போகிறவர்களுக்குத்தான் தெரியும். அனுப்பியவன் கையால் பிரிக்க வேண்டும். அதற்கு முன்னால் யார் பிரித்தாலும் குற்றம். வாசுகி அனுப்பிய இஸ்திரிப் பெட்டியை நானும் ஒரு வருஷம் பீரோவுக்கு மேலேதான் வைத்திருந்தேன், அதனால் மேற்கொண்டு வாதாடவில்லை. கொடுத்த முறுக்கைத் தின்றுவிட்டு, டெமோ சீட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு கிளம்பினேன். வாசல் வரைக்கும் வந்த அந்த அம்மா சொன்னார்: "நாம பிரிச்சுப்புட்டா, அவன் வந்து என்னத்தப்பா பிரிப்பான்?"

வாயை மூடிக்கொண்டு ஓட்டியது

கட்டுமாவடியிலிருந்து விசைப்படகு வைத்திருக்கிறவரின் மனைவி வந்தார். அவருக்கு விலை, பால், கசப்பு எதுவும் முக்கியமில்லை, சத்தம்தான் முக்கியம். வீட்டுக்காரர் கடலிலிருந்து வந்து பகலில் தூங்குகிற ஆள். இவர் மீன் ஏலம் முடித்துவிட்டு வந்து காப்பி குடிக்க வேண்டும், அவர் எழுந்துவிடக் கூடாது. நான் வழக்கம்போல மெஷினை ஓடவிட்டு, அரைப்பது இப்படி, வடிப்பது அப்படி என்று ஆரம்பித்தேன். "செத்த வாய மூடிக்கிட்டு ஓட்டுங்க தம்பி" என்று சொல்லிவிட்டு மெஷினில் காதை வைத்தார்.

எத்தனை மாதமாக ஓட்டியிருக்கிறேன், ஒரு நாளும் அந்த மெஷின்களைக் காதுகொடுத்துக் கேட்டதில்லை. அதன் சத்தத்துக்கு மேலே நான் கத்திக்கொண்டே இருப்பேன். அன்றைக்கு வாயை மூடிக்கொண்டு கேட்டேன். சின்னது முனகியது. பெரியது ஒரு மாதிரி இரைந்தது. நடுவில் இருந்ததை ஓட்டினேன். கிர்ர் என்று நீளமாக அரைத்து, ஒரு நொடி நின்று, டொக் என்று தட்டி, பிறகு பால் சீறியது. பதினொன்றரை மணிக்குப் போனில் கேட்கிற அதே சத்தம். அடுத்ததாக வாசுகி "என்னங்க, சாப்பிட்டீங்களா?" என்று கேட்கப்போகிறாள் என்றே தோன்றியது. கேட்கவில்லை. திரும்பவும் பட்டனை அமுக்கினேன். அந்த அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டுச் சின்னதைக் கட்டச் சொன்னார். போகும்போது நடு மெஷினைக் காட்டி, "இந்தக் கரகரப்ப எந்த ஏமாளி தலையில கட்டப்போறீங்களோ" என்றார். அன்றைக்குச் சாயங்காலமே அதை என் வீட்டுக்கு எடுத்துப் போனேன்.

முதல் வாரம்

வாசுகி வந்தாள். திருச்சி விமான நிலையத்தில் பெட்டிகளோடு வெளியே வந்தபோது முன்பைவிட இளைத்திருந்தாள், நரைக்கு மை போட்டிருந்தாள். திருச்சியில் ஹாஸ்டலில் தங்கிக் கல்லூரியில் படிக்கிற மகளும் எங்களோடு வந்துவிட்டாள். மறுநாள் காலையில் அடுப்படியில் மெஷின்மேல் மூடியிருந்த துணியை எடுத்தேன். "அட, இது நம்ம ஆஸ்பத்திரி மெஷினுல்ல" என்று வாசுகி சிரித்தாள். நம்ம ஆஸ்பத்திரி என்றதை நான் காதில் வாங்கியும் வாங்காத மாதிரி இருந்துகொண்டேன். இரண்டாவது பட்டன், பால் கம்மி. மெஷின் அரைக்க ஆரம்பித்ததுமே அவள் கொண்டையைச் சரிசெய்து கிளிப்பைக் குத்திக்கொண்டாள். வெறும் மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்தாள். வாட்ச் அலமாரியில் இருந்தது. நின்றபடியே நாலு மடக்கில் குடித்து, கோப்பையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டாள்.

மறுநாளும் அப்படியே. மூன்றாம் நாள், மெஷின் சத்தம் நின்றதுதான் தாமதம், மளமளவென்று கேட்டாள்: சாப்பிட்டீங்களா, பிரஷர் மாத்திரை போட்டீங்களா, பாப்பா போன் பண்ணாளா, தண்ணி லாரி வந்துச்சா. நான் அவளுக்கு ஒரு முழத் தூரத்தில் நின்றுகொண்டிருந்தேன். பாப்பா பக்கத்து அறையில் தூங்கிக்கொண்டிருந்தாள். கேட்டு முடித்த பிறகு வாசுகிக்கே உறைத்து, சிரிக்க ஆரம்பித்துப் பாதியில் நிறுத்திவிட்டாள். "உக்காந்து குடி வாசுகி" என்றேன். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, கோப்பையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "இந்தச் சத்தம் கேட்டாலே பதினஞ்சு நிமிசத்துக்குள்ள எல்லாத்தையும் பேசி முடிச்சிரணும்னு தோணுதுங்க."

கடைக்கு வந்த வாடிக்கையாளர்

சத்தத்தை நம்பி வாங்கினது என் தப்பு. லீவு முடிய ஒரு வாரம் இருக்கும்போது, மாற்றி வேறு எடுத்துவிடலாம் என்று அவளைக் கடைக்குக் கூட்டிப்போனேன். பழனியப்பன் நாற்காலி கொண்டுவந்து போட்டான். ஊர்பேர் தெரியாத கஸ்டமருக்குச் சொல்கிற மாதிரி ஒன்றுவிடாமல் சொன்னேன்: சின்னது முனகுகிற அளவுதான் சத்தம், பெரியதில் பால் நுரை நன்றாக வரும், ஒரே தடவையில் இரண்டு கோப்பை போடலாம். அந்த இரண்டு கோப்பையை இரண்டு தடவை சொன்னேன். அவள் எல்லாவற்றையும் தொட்டுப் பார்த்து, கழுவுவது சுலபமா என்றுகூடக் கேட்டாள். எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது. "எது புடிச்சிருக்கு?" என்றேன்.

"நேத்தே கையெழுத்துப் போட்டு அனுப்பிட்டேங்க" என்றாள். இன்னும் இரண்டு வருஷத்துக்கு ஒப்பந்தம். அவளை வார்டு இன்சார்ஜ் ஆக்கப்போகிறார்கள். அந்தப் பதவியைப் பற்றி வந்த அன்றைக்கே சொல்லியிருந்தாள். சொல்லும்போது அவள் முகம் எப்படி மலர்ந்தது என்று நானும் பார்த்தேன். மகளுக்கும் படிப்பு முடிய இரண்டு வருஷம் இருக்கிறது. எல்லாம் நியாயம்தான். ஆனாலும் போகாதே என்று சொல்ல வாய்வரை வந்தது. ஆறு வருஷமாகச் சொல்லாமல் வைத்திருந்தது, கடையில் ஆள் நடமாடும்போதா வெளியே வரும்? பழக்கதோஷத்தில், "பரவாயில்லீங்க, மெதுவா யோசிச்சுட்டு வாங்க" என்று கஸ்டமரிடம் சொல்வதை அவளிடம் சொல்லிவிட்டேன். பழனியப்பன் தலையைக் குனிந்துகொண்டு பெட்டிகளுக்குப் பின்னால் போய்விட்டான். வாசுகி என் சட்டைப் பையில் கோணியிருந்த கடைப் பேட்ஜை நேராக்கிவிட்டு, மூன்று மெஷினையும் இன்னொரு தடவை பார்த்தாள். "ரெண்டு வருசத்துல இதவிட நல்லதா வந்திருக்கும்ங்க. அப்ப ரெண்டு பேருமா வந்து எடுப்போம்" என்றாள்.

புதுக்கோட்டைச் சீமையில் யார் வீட்டுக்கு எந்த மெஷின் சரிவரும் என்று ஐந்து நிமிஷத்தில் சொல்லிவிடுகிற எனக்கு, என் வீட்டுக்கு எது என்று யோசிக்க மட்டும் முழுசாக இரண்டு வருஷம் அவகாசம் கிடைத்திருக்கிறது.