நின்றபடியே ஓடிய வண்டி

நேற்று மாலை மகள் பள்ளியிலிருந்து வந்ததும் டைரியைத் திறந்து நீட்டினாள். வீட்டிலிருந்து வட்டமான பொருள் ஒன்று கொண்டுவர வேண்டுமாம். வளையல், தட்டு, டப்பா மூடி என்று நான் ஒவ்வொன்றாக எடுத்து வைத்துக்கொண்டிருக்கும்போதே அவள் நாற்காலியை இழுத்துப்போட்டு ஏறி, அடுக்களைக் கதவுக்குப் பக்கத்தில் ஆணியில் தொங்கிய கறுப்பு பெல்ட்டை எடுத்துவிட்டாள். இடுப்பில் கட்டுகிற பெல்ட் இல்லை. கார் எஞ்சினுக்குள் இருக்கும் டைமிங் பெல்ட். உள்பக்கம் முழுக்கப் பல். நகத்தால் இழுத்தால் கர்ரென்று சத்தம் வரும். தரையில் போட்டுப் பார்த்தோம். வட்டமாக நிற்கவில்லை. நெளிந்து, பெரிய காது மாதிரி படுத்துக்கொண்டது.

குனிந்து எடுத்தபோது ரப்பர் வாசனை அடித்தது. கூடவே பாச்சை உருண்டை வாசனையும். நாலு வருடமாக அடுக்களையில் தொங்கும் பொருளில் தாளிப்பு வாசனைதான் வர வேண்டும், எனக்கும் தெரியும். ஆனால் மூக்கோடு நான் வாதம் செய்வதில்லை. மற்ற எல்லாரோடும் செய்துவிட்டேன்.

கல்யாணமாகி நீடாமங்கலத்துக்கு வந்தபோது நான் இந்த வீட்டில் முதலில் முகர்ந்தது அந்தப் பாச்சை உருண்டை வாசனைதான். பக்கத்துத் தகரக் கொட்டகையில் தார்ப்பாய் போர்த்திய ஒரு வெள்ளைக் கார் நின்றது. என் கணவருக்கு சவூதியில் வேலை. லீவில் வந்தால் நாற்பது நாள், அந்த நாற்பது நாளும் வண்டிக்கு ஓய்வு கிடையாது. குத்தாலத்தில் ஒரு கல்யாணம், பட்டுக்கோட்டையில் ஒரு வீடு குடிபுகுதல், நாகூருக்கு ஒரு நடை. அவர் விமானம் ஏறியதும் தார்ப்பாய் ஏறிவிடும். பிறகு பதினோரு மாதம் நிற்கும். எங்கள் தெருவில் அப்படி நாலைந்து வண்டிகள் இருந்தன. அறுவடை முடிந்த வயலிலிருந்து இடம் தேடி வரும் எலிகள் எஞ்சினுக்குள் குடித்தனம் வைக்காமலிருக்க, வீட்டுக்கு வீடு பானெட்டுக்கு அடியில் பாச்சை உருண்டைப் பொட்டலம் கட்டியிருப்பார்கள்.

வெள்ளிக்கிழமை மட்டும் வண்டிக்கு உயிர் வரும். என் மாமா, அதாவது கணவரைப் பெற்ற அத்தா, ஜும்மா தொழுதுவிட்டு வந்து, சாப்பிட்டுக் கை கழுவி, தார்ப்பாயை முன்பக்கம் மட்டும் சுருட்டிவிட்டு ஸ்டார்ட் செய்வார். பேட்டரி இறங்கிவிடக் கூடாது என்பதற்காக இருபது நிமிடம், சில வாரம் அரை மணி. ஒரு அங்குலம் நகர்த்த மாட்டார். அதே நேரத்துக்குத் தெருவின் மற்ற வண்டிகளும் நின்ற இடத்திலேயே உறுமும். மீன் குழம்பு வாசனையும் டீசல் புகையும் கலந்து வந்தால் வெள்ளிக்கிழமை இரண்டரை மணி என்று அர்த்தம்.

மாமா மடியில் என் மகள் சுமையா ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். நான் பின் சீட்டில். எனக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை. பிள்ளை கியரைத் தட்டிவிட்டால், வண்டி எகிறிவிட்டால் என்ற பயம்தான். அடுப்பை அணைத்துவிட்டுத் தெருமுனை வரை போய்த் திரும்பி வந்து பார்க்கிற ஆள் நான். மருந்து டப்பாவுக்குள் மடித்து வைத்திருக்கிற துண்டுக் காகிதத்தைக் கடைசி வரி வரை படிப்பேன். அப்படி ஒரு வெள்ளிக்கிழமை கை சும்மா இருக்காமல் எட்டி டேஷ்போர்டைத் திறந்தேன். வண்டியோடு வந்த புத்தகம் பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்காமல் இருந்தது.

இந்த இடத்தில் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். அன்று நான் தெரிந்துகொண்டதை யாரிடமாவது சொல்லும்போதெல்லாம், பாதியிலேயே வேறு பேச்சுக்குத் தாவிவிடுகிறார்கள். எஞ்சினுக்குள் கீழிருந்து பிஸ்டன் என்று ஒரு கூட்டம் ஏறி இறங்குகிறது, மேலிருந்து வால்வு என்று ஒரு கூட்டம் இறங்கி ஏறுகிறது. ஒன்று வரும்போது மற்றது விலகி வழிவிட வேண்டும். அந்த முறையைக் காப்பாற்றுவது இந்தப் பல் பெல்ட். அது அறுந்தால் இரண்டும் மோதிக்கொள்ளும். வண்டி ஓடிக்கொண்டிருந்த இடத்திலேயே நின்றுவிடும், பிறகு எஞ்சினையே பிரிக்க வேண்டியதுதான். இத்தனை கிலோமீட்டர் அல்லது ஐந்து வருடம், இதில் எது முதலில் வருகிறதோ அப்போது மாற்றிவிட வேண்டும் என்று புத்தகத்தில் இருந்தது. தூசியிலும் வெயிலிலும் ஓடுகிற வண்டிக்கு, நின்றபடி அதிக நேரம் எஞ்சின் ஓடுகிற வண்டிக்கு, இன்னும் முன்பே.

முன்னால் மாமா வண்டியை நிற்கவைத்தபடி எஞ்சினை ஓட்டிக்கொண்டிருந்தார்.

வண்டிக்கு ஏழு வயது. சொன்னேன். மாமா கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தார்.

"இருபத்திமூணாயிரம்தான் ஓடிருக்கு. நிக்கிற வண்டிக்கு என்னம்மா தேய்மானம்?"

"சக்கரம்தான் மாமா நின்னுச்சு. பெல்ட்டு நிக்கல. நீங்க ஸ்டார்ட் பண்ற ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் அது சுத்திக்கிட்டுத்தான் இருக்கு. மீட்டர்ல ஏறல, அவ்வளவுதான்."

அவர் கண்ணாடியைத் திருப்பிவிட்டார். பதில் மாமியிடமிருந்து, என் மாமியாரிடமிருந்து வந்தது, அடுக்களை ஜன்னல் வழியாக. "புஸ்தகத்துல போட்டிருக்குன்னு மருந்துக் கடைக்காரன்கிட்டயே சண்டைக்குப் போனவ. இப்ப காருக்கு வந்துட்டா." மாமி சொன்னது உண்மை. அந்த மருந்துக் கடை விஷயத்தில் தப்பு என் பேரில்தான். அதனால் வாயை மூடிக்கொண்டேன். ஆனால் புத்தகத்தை மூடவில்லை.

எனக்கு அது வெறும் கார் விஷயமாக இருந்திருந்தால் அங்கேயே விட்டிருப்பேன். சுமையாவுக்கு வீசிங். தை பிறந்து அறுப்பு மிஷின் வயலில் இறங்கினால் ஊர் முழுக்கப் பதர்த் தூசி பறக்கும். அது அவள் நெஞ்சுக்கு ஆகாது. முந்தைய வருடம், அவளுக்கு ஒன்றரை வயது இருக்கும்போது, ஒரு காலையில் விலா எலும்பு உள்ளே இழுக்க இழுக்க மூச்சு வாங்கினாள். வாடகைக் காருக்குச் சொல்லி அனுப்பினோம். வண்டி ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம். நீடாமங்கலம் கேட்டைப் பற்றி உங்களுக்குத் தெரியாவிட்டால் நீங்கள் பாக்கியசாலி. சரக்கு ரயில் முன்னுக்கும் பின்னுக்கும் போய் வரும் வரை, இந்தப் பக்கம் வாசலில் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றேன். கொட்டகையில் தார்ப்பாய்க்குள் ஒரு கார் நின்றது. மாமாவுக்குக் கண்ணில் புரை விழுந்து, மெயின் ரோட்டில் ஓட்டுவதை விட்டிருந்தார். வீட்டில் வேறு யாருக்கும் ஓட்டத் தெரியாது.

அந்த வருடமே கற்றுக்கொண்டேன். லைசென்ஸ் வந்தது. அடுத்த தையில் தஞ்சாவூர் ஆஸ்பத்திரிக்கு அவளைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டியது நான்தான். அம்மாப்பேட்டைக்கும் சாலியமங்கலத்துக்கும் நடுவில், இரண்டு பக்கமும் வயலாக இருக்கும் இடத்தில், வண்டி பட்டென்று நின்றால்? இந்த ஒரு கேள்வி கார்த்திகை முழுக்க என்னைத் தூங்கவிடவில்லை.

மன்னார்குடி ரோட்டில் பட்டறை வைத்திருந்த குணா அண்ணனிடம் மாமா கேட்டுவிட்டு வந்தார். சத்தம் எதுவும் வரவில்லையென்றால் இப்போதைக்குத் தொட வேண்டாம் என்றாராம். இந்த பெல்ட் சத்தம் போட்டுவிட்டு அறுவதில்லை என்றேன். கணவர் போனில் சித்திரையில் லீவில் வருகிறேன், வந்து பார்த்துக்கொள்ளலாம் என்றார். தை அதற்கு முன்பே வந்துவிடும் என்றேன். அவர் குணா என்ன சொன்னான் என்று மறுபடி ஆரம்பித்தார். இந்தப் பேச்சு மூன்று வாரம் நடந்தது. நானும் ஒவ்வொரு தடவையும், சரிதானே, அவர் அறியாததா, பட்டறைக்காரருக்குத் தெரியாததா என்று பின்வாங்கினேன். போனை வைத்த பிறகு புத்தகத்தை எடுப்பேன். அது தன் பேச்சை மாற்றவில்லை.

நாலாவது வாரம் போனில் சொன்னேன். "நாளைக்கு வண்டிய பட்டறையில விடுறேன்."

"நான்தான் சொன்னேன்ல..."

"உங்ககிட்ட கேக்கலங்க. சொல்றேன்."

அவர் அடுத்ததை ஆரம்பிப்பதற்குள் போனை வைத்துவிட்டேன். அப்போது என் முகத்தை அவர் பார்க்க முடியாது என்பதுதான் வெளிநாட்டு வேலையில் இருக்கிற ஒரே வசதி.

பொம்பளையைப் பட்டறைக்குத் தனியாக அனுப்ப முடியாது என்று மாமா குடையோடு வந்து முன் சீட்டில் உட்கார்ந்தார். பட்டறையில் எங்கள் இருவருக்கும் பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள். நான் உட்காரவில்லை. குணா அண்ணன் முன் சக்கரத்தைக் கழற்றினார். எஞ்சினுக்கு அடியில் கட்டை வைத்து ஜாக்கியால் தாங்கிக்கொண்டார். பக்கவாட்டு மூடியைப் பிரித்ததும் பெல்ட் தெரிந்தது. அது ஓடுகிற மேல் பல்சக்கரத்தில் ஒரு கோடு, கீழ்ப் பல்சக்கரத்தில் ஒரு புள்ளி. இரண்டும் அதனதன் குறிக்கு நேராக வரும்படி எஞ்சினைச் சுற்றி நிறுத்திவிட்டு, பெல்ட்டை இறுக்கிப் பிடிக்கும் உருளையைத் தளர்த்தி, பெல்ட்டை உருவி எடுத்தார். அந்த உருளையையும் தண்ணீர்ப் பம்ப்பையும் கூடவே மாற்றச் சொன்னேன். அதையும் புத்தகம்தான் சொல்லியிருந்தது.

மாமா பழைய பெல்ட்டை வாங்கி மடித்துப் பார்த்தார், இழுத்துப் பார்த்தார். ஒரு வெடிப்பு இல்லை. ஒரு பல் தேயவில்லை.

"நல்லாத்தானேம்மா இருக்கு."

"இன்னும் ரொம்ப நாள் ஓடியிருக்கும் பாய்" என்றார் குணா அண்ணன், சக்கரத்துப் பக்கம் திரும்பியபடி.

நார் நாராகக் கிழிந்த பெல்ட் ஒன்று வெளியே வரும், எல்லாரும் வாயடைத்துப் போவார்கள் என்று எத்தனை நாள் மனத்தில் ஓட்டிப் பார்த்திருந்தேன். அந்தப் பெல்ட் என்னைக் கைவிட்டுவிட்டது.

புது பெல்ட் ஏறியது. அவர் மூடியைக் கையில் எடுத்தார். நான் கேட்டேன், கையால் இரண்டு சுற்று சுற்றிக் குறி பார்க்க வேண்டாமா என்று.

"இருவது வருசமா மாட்டுறேம்மா."

"சரிங்கண்ணே. சுத்திப் பாத்துட்டு மாட்டுங்க."

மாமா, "விடும்மா" என்றார். நான் விடவில்லை. குணா அண்ணன் பெரிய ஸ்பேனரைக் கீழ்ப் பல்சக்கரத்து போல்ட்டில் மாட்டி, எனக்குப் பாடம் நடத்துகிற மாதிரி மெதுவாகச் சுற்றினார். ஒரு சுற்று. இரண்டு. கீழே புள்ளி வந்து நின்றது. மேலே கோடு குறிக்கு நேராக வரவில்லை. ஒரே ஒரு பல் தள்ளி நின்றது, வழிவிடுகிற முறை தப்புகிற அளவுக்கு.

அவர் டார்ச்சை வாங்கி மறுபடி பார்த்தார். பெல்ட்டைக் கழற்றி, ஒரு பல் நகர்த்திப் போட்டு, இந்தத் தடவை தானாகவே நாலு சுற்று சுற்றினார். கோடும் புள்ளியும் சேர்ந்தன. "நீங்க கேட்டது நல்லதாப் போச்சு" என்று மூடியிடம் சொன்னார்.

திரும்பும் வழியில் மாமா கேட்டார். "சும்மா இருந்ததக் கழட்டப் போயித்தான அந்தப் பல்லு தள்ளுச்சு?" அது நியாயமான கேள்வி. இன்றைக்கும் எனக்கு அதற்கு முழுப் பதில் தெரியாது. நல்ல பெல்ட்டைக் கழற்றச் சொன்னதும் நான், புதுசு தப்பாக ஏறியதைக் கண்டுபிடிக்க வைத்ததும் நான். இரண்டையும் நான் மறுக்கவில்லை.

தை இருபதாம் தேதிக்குள் மிஷின் இறங்கியது. ஒரு விடியற்காலை சுமையா மூச்சு விசிலடிக்க எழுந்தாள். மாமி பின் சீட்டில் அவளை மடியில் வைத்துக்கொண்டார், மாமா முன்னால். கேட் போட்டிருந்தது. எஞ்சினை அணைக்காமல் காத்திருந்தேன். அம்மாப்பேட்டை தாண்டி ரோட்டில் பாதிக்கு நெல் காயப் போட்டிருந்தார்கள். சக்கரத்துக்கடியில் நெல் நொறுங்குகிற சத்தம், பின்னால் பிள்ளையின் மூச்சு. என்னென்னவோ பயம் இருந்தது. டயர், லாரி, குறுக்கே வரும் ஆடு, டாக்டர் இருப்பாரா. ஆனால் ஒரு பயம் மட்டும் அன்று வண்டியில் ஏறவில்லை. தஞ்சாவூரில் முகத்தில் மாஸ்க் வைத்து மருந்துப் புகை கொடுத்தார்கள். ஒன்பது மணிக்கு இட்லி கேட்டாள்.

அன்று சாயங்காலம் கணவர் போனில் சொன்னார், பழைய பெல்ட்டிலும் போய்ச் சேர்ந்திருப்பீர்கள் என்று. போயிருக்கலாம். நிரூபிக்க என்னிடம் ஒன்றும் இல்லை. நல்ல நிலையில் கழற்றிய பெல்ட் எதையும் நிரூபிக்காது. அதனால்தான் அதைத் தூக்கிப் போடாமல், எல்லாரும் பார்க்கிற மாதிரி ஆணியடித்து மாட்டினேன்.

அடுத்த வெள்ளிக்கிழமை மாமா சாப்பிட்டு முடித்துக் கொட்டகைக்குப் போனார். தார்ப்பாயை முழுதாக உருவி மடித்து வைத்துவிட்டு, சாவியை என்னிடம் நீட்டினார். "நிக்க வச்சு ஓட்டுனது போதும். மூணாறு தலைப்பு வரைக்கும் போயிட்டு வருவோம்." மாமாவின் அகராதியில் அதைவிடப் பெரிய வார்த்தை கிடையாது. அதன் பிறகு ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் போனோம். ஆறு மூன்றாகப் பிரிகிற இடத்தில் வண்டியை நிறுத்தி, மதகில் தண்ணீர் விழுவதைப் பார்த்துவிட்டுத் திரும்புவோம்.

மாமா மௌத்தாகி, எங்களை விட்டுப் போய் இரண்டு வருடமாகிறது. வெள்ளை வண்டியை விற்றுவிட்டோம். கணவர் ஊருக்கே வந்துவிட்டார். இப்போதைய வண்டியில் பெல்ட்டே இல்லை, சங்கிலியாம், ஆயுசுக்கும் பார்க்க வேண்டாம் என்றார் விற்றவர். புத்தகத்தைக் கொடுங்கள் என்றேன். தெருவில் தார்ப்பாய் போர்த்திய வண்டி ஒன்றுகூட இல்லை. வெள்ளிக்கிழமை இரண்டரை மணிக்கு மீன் குழம்பு வாசனை மட்டும் வருகிறது.

இன்று காலை மகள் பெல்ட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டாள். அறுந்துபோனது என்று நினைத்து மிஸ் கேட்டால் என்ன சொல்வது என்றாள்.

"கழட்டும்போது நல்லாத்தான் இருந்துச்சுன்னு சொல்லு."

அவள் போன பிறகு கதவுக்குப் பக்கத்தில் பார்த்தேன். ஆணி மட்டும் இருந்தது. சுவரில், பல் பல்லாக, கறுப்பாக ஒரு தடம். சுண்ணாம்பு அடித்தாலும் அது போகாது. நான் அடிக்கவும் விடமாட்டேன்.