அறுநூறு குதிரைக்கு மூன்று நிமிடம்

அறுநூறு குதிரைகள் ஒரு பஸ்ஸுக்குப் பின்னால் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நடந்து போவதைப் பார்க்க ஆசையா? ஏற்காட்டு மலைப்பாதைக்கு வாருங்கள். நாகலூர் பஸ் முன்னால் முக்கி முனகி ஏறும். அதன் பின்னால், கறுப்பு நிறத்தில், ஆம்புலன்ஸை அமுக்கி நீட்டினதுபோல ஒரு வெளிநாட்டு வண்டி ஊர்ந்து வரும். அதுதான் அந்த அறுநூறு குதிரை.

அதற்கு ஸ்டேஷன் வேகன் என்று பெயர். முன்னால் பந்தயக் காரின் இஞ்சின், பின்னால் சாமான் ஏற்ற நீளமான இடம். அறுநூறு குதிரைத்திறன், எட்டு சிலிண்டர், இரண்டு டர்போ. நின்ற இடத்திலிருந்து நாலு விநாடிக்குள் நூறு கிலோமீட்டர் வேகம் பிடிக்கும் என்று அதன் உரிமையாளர் அண்ணாதுரை கேட்டவருக்கும் சொல்வார், கேட்காதவருக்கும் சொல்வார். நூறில் போகிற மாதிரி ஒரு சாலை சேர்வராயன் மலையில் எங்கே இருக்கிறது என்பதை மட்டும் சொல்ல மாட்டார். அடிவாரத்திலிருந்து இருபது கொண்டை ஊசி வளைவு. வளைவுக்கு வளைவு குரங்கு, குரங்குக்குப் பொரி போடும் குடும்பம், அந்தக் குடும்பத்தைப் படம் எடுக்கும் இன்னொரு குடும்பம்.

நான் சொல்ல வந்தது காரைப் பற்றி இல்லை. அதை ஓட்டிய பாக்கியநாதனைப் பற்றி. ஆனால் அவரைக் காரில்லாமல் தனியாக யாரும் கவனித்ததே இல்லை என்பதால் காரிலிருந்துதான் தொடங்க வேண்டியிருக்கிறது.

பாக்கியநாதன் வாழவந்திக்காரர். காப்பி மூட்டை ஏற்றும் லாரியில் கிளீனராக இருந்து, ஸ்டியரிங்கைப் பிடித்து, நாகலூர் பக்கத்து எஸ்டேட் ஒன்றில் ஜீப் டிரைவராக வந்து சேர்ந்தவர். சேலத்தில் நூல் மில் வைத்திருக்கும் அண்ணாதுரை அந்த எஸ்டேட்டை வாங்கியபோது ஜீப், மிளகுக்கொடி, பாக்கியநாதன் எல்லாம் சேர்ந்தேதான் அவர் கைக்கு வந்தன. காப்பிக் களத்துக்குப் பின்னால் டிரைவர் குவார்ட்டர்ஸ், இரண்டு அறை. பாக்கியநாதன் மனைவி இன்பமேரி பத்தொன்பது வருடமாக அங்கேதான் குடும்பம் நடத்துகிறாள். கொல்லையில் அவள் போட்ட மேராக்காய்ப் பந்தல் எஸ்டேட்டுக்கே காய் கொடுக்கும். அந்த வீட்டைத் தவிர அவர்களுக்கு வேறு போக்கிடம் கிடையாது.

வேகன் வந்து இறங்கிய அன்று பாக்கியநாதன் அதை ஏற்காட்டு ஒண்டிக்கடை முக்குக்கு ஓட்டிப்போய் மெக்கானிக் பெரியண்ணனிடம் காட்டினார். பெரியண்ணன் பானெட்டைத் திறந்து பார்த்துவிட்டு, கையைக்கூட உள்ளே விடவில்லை.

"டர்போங்கறது ஒரு காத்தாடி மாதிரிங்கண்ணா. நிமிசத்துக்கு லட்சம் சுத்துக்கு மேல சுத்தும். எண்ணெய்மேல மெதந்துக்கிட்டுத்தான் சுத்தும். மலையேறி வந்த சூட்டோட இஞ்சினை அமத்திட்டீங்கன்னா, எண்ணெய் ஓட்டம் நின்னுபோகும், சூடு நிக்காது. சட்டி அடிப்புடிக்கற மாதிரி எண்ணெய் கருகி ஒட்டிக்கும். அப்புறம் அறுநூறு குதிரையும் படுத்துக்கும். மேல வந்ததும் மூணு நிமிசம் சும்மா ஓடவிட்டு அமத்துங்க. நொம்ப முக்கியம்."

பாக்கியநாதன் கையில் வாட்ச் கட்டாதவர். கட்டினால் வேர்க்குரு வரும். மூன்று நிமிடத்தை எதைக்கொண்டு அளப்பது? 'அருள் நிறைந்த மரியே' ஜெபத்தை நிதானமாகப் பத்து முறை சொன்னால் மூன்று நிமிடம். இது சின்ன வயதிலிருந்து அவருக்குக் கைவந்த அளவு.

முதல் பயணம். சேலத்திலிருந்து முதலாளியை ஏற்றி வந்து பங்களா போர்ட்டிகோவில் நிறுத்தினார். இஞ்சின் உறுமிக்கொண்டே இருந்தது. பின் சீட்டிலிருந்து அண்ணாதுரை, "ஏம்ப்பா பாக்கியம், அதுதான் வந்து சேந்தாச்சுல்ல? எதுக்குப் பெட்ரோலை வெட்டியாக் கொளுத்தற?" என்றார்.

பாக்கியநாதன் நாலாவது மரியேயில் இருந்தார். கண் மூடியிருந்தது, உதடு அசைந்துகொண்டிருந்தது. கண்ணாடியில் அதைப் பார்த்த அண்ணாதுரைக்குத் திக்கென்றது. அவர் எந்தச் சாமியையும் விட்டுவைக்காமல் பயப்படுகிறவர். அதே காரில் எலுமிச்சம்பழம் உண்டு, முருகன் ஸ்டிக்கர் உண்டு, தர்காவில் மந்திரித்த கயிறும் உண்டு. கதவைச் சத்தம் வராமல் சாத்திவிட்டுப் பூனை நடை நடந்து உள்ளே போய்விட்டார். "நம்ம டிரைவரு ஜெபம் பண்ணாம வண்டிய விட்டு எறங்க மாட்டாப்ல" என்று அன்றைக்கே விருந்தாளிகளிடம் பெருமையாகச் சொல்லவும் செய்தார்.

பாக்கியநாதன் அதைத் திருத்தவில்லை. திருத்தினால் பெட்ரோல் பேச்சு மறுபடி வரும். அதுவுமில்லாமல், முதல் வருடம் கணக்குக்காகச் சொன்ன மரியே இரண்டாம் வருடம் நிஜமான ஜெபமாகவே ஆகிவிட்டிருந்தது. இஞ்சினுக்கும் ஆறுதல், அவருக்கும் ஆறுதல்.

இப்படி ஆறு வருடம், தொண்ணூறாயிரம் கிலோமீட்டர். அந்த வண்டி ஒரு நாள்கூட வழியில் நின்றதில்லை. சேலத்தில் இந்த மாதிரி வண்டி வைத்திருப்பவர்களுக்கென்று ஒரு சங்கம் இருக்கிறது. மாதம் ஒருமுறை கூடி, யார் வண்டி எங்கே நின்றது, யாரைக் கயிறு கட்டி இழுத்தார்கள் என்று துக்கம் விசாரித்துக்கொள்வார்கள். அந்த இழவு வீட்டில் அண்ணாதுரை மட்டும் கல்யாண மாப்பிள்ளை மாதிரி உட்கார்ந்திருப்பார். போன ஜனவரியில், ஆண்டின் அசையாத நம்பிக்கைக்குரிய இஞ்சின் என்று அவருக்கு ஒரு கோப்பையே கொடுத்துவிட்டார்கள்.

மேடையில் அவர் பேசினார்: "இந்த இஞ்சினுக்கு யாருடைய தயவும் தேவையில்லை. அது தன்னைத்தானே பார்த்துக்கொள்ளும்." கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆனது. முதலாளிக்குப் போட்ட பொன்னாடையை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு கடைசி வரிசைக்குப் பின்னால் நின்ற பாக்கியநாதனும் தட்டினார். பொன்னாடை இருந்ததால் சத்தம் வரவில்லை.

தன் பேச்சைத் தானே நம்புகிற வியாதி பெரிய மனிதர்களுக்கு எளிதில் தொற்றும். யாருடைய தயவும் தேவைப்படாத இஞ்சினுக்கு டிரைவர் மட்டும் எதற்கு? அடுத்த வாரமே அண்ணாதுரை கூப்பிட்டு அனுப்பினார்.

"பாக்கியம், இனிமேல் வண்டிய நானே ஓட்டிக்கறேன். கோவிச்சுக்காத. குவார்ட்டர்ஸை டூரிஸ்டுக்கு விடலாம்னு இருக்கறேன். மே மாசம் மலர்க் கண்காட்சிக்குக் கூட்டம் வரும், அதுக்கு முன்னாடி காலி பண்ணிக் குடு, செரியா?"

டூரிஸ்டுகளுக்கான பெயரும் தயாராக இருந்தது: 'டிரைவர்ஸ் காட்டேஜ்'. டிரைவரை வெளியே அனுப்பிவிட்டு அவர் பெயரில் வீடு.

பாக்கியநாதன் வாயில் அப்போதும் வந்தது வண்டியின் கவலைதான். "செரிங்க மொதலாளி. ஒண்ணே ஒண்ணு சொல்றனுங்க. மேல வந்ததும் ஒடனே அமத்தாதீங்க. மூணு நிமிசம் ஓடவிடுங்க. எண்ணெய் கருகிப்போகுமுங்க."

அண்ணாதுரை சிரித்தார். "அதெல்லாம் ஜீப்புக் காலத்துப் பழக்கம்ப்பா. இது பூராவும் கம்ப்யூட்டர்."

பிப்ரவரி மாதம் சங்கத்தார் பதினோரு வண்டியில் ஊர்வலமாக மலையேறினார்கள், கோப்பை வாங்கிய இஞ்சின் குடியிருக்கும் எஸ்டேட்டைத் தரிசிக்க. அண்ணாதுரை முன்னால் போனார். அதற்குமுன் நாலு ஞாயிறு அவரே மலையேறி, வளைவுக்கு வளைவு மிதித்து, போர்ட்டிகோவில் நிறுத்தின கையோடு பட்டனை அமுக்கி இஞ்சினை அணைத்துப் பழகியிருந்தார். பதினேழாவது வளைவில் அவர் வண்டியின் பின்னாலிருந்து நீலப்புகை கிளம்பியது. பதினோரு வண்டிகளும் வரிசையாக நின்று வேடிக்கை பார்த்தன. நாகலூர் பஸ் நிதானமாக வந்து, ஒரு ஹாரன் அடித்து, எல்லோரையும் தாண்டிப் போனது. கோப்பை பின்னால் சாமான் வைக்கும் இடத்தில்தான் இருந்தது.

பெரியண்ணன்தான் இழுத்துக்கொண்டு வந்தார். ஒரு குழாயைக் கழற்றிக் காட்டினார். உள்ளே தார் மாதிரி கறுப்பாக அடைத்திருந்தது. அண்ணாதுரை பார்க்கவில்லை. வண்டி வெளியூருக்குப் போய், இரண்டு டர்போவும் புதிதாக மாட்டிக்கொண்டு, நாற்பது பக்க அறிக்கையோடு திரும்பியது. சூடு ஆறவிடுவது பற்றி அதில் முப்பத்தோராம் பக்கத்தில் இருந்தது. அவர் இரண்டாம் பக்கத்தோடு மூடிவைத்துவிட்டார். காரணம் அவருக்கு ஏற்கெனவே தெரிந்துவிட்டது. ஆறு வருடம் ஜெபம் நடந்தது, வண்டி ஓடியது. ஜெபம் நின்றது, வண்டியும் நின்றது. இதற்கு எதற்கு நாற்பது பக்கம்?

நகரத்துக் கடையில் ஒரு ஜெபமாலை வாங்கி வந்து எலுமிச்சம்பழத்துக்குப் பக்கத்தில் தொங்கவிட்டார். ஒவ்வொரு முறை வந்து சேர்ந்ததும் சிரத்தையாக முதலில் இஞ்சினை அணைத்தார். சாமி கும்பிடும்போது உறுமல் சத்தம் மரியாதையாக இருக்காது அல்லவா? பிறகு செருப்பைக் கழற்றி, மாலையைத் தொட்டு, கண்ணை மூடி, மூன்று நிமிடம் உருகினார். அவர் மேலே உருக, கீழே எண்ணெய் கருகியது. ஏப்ரல் கடைசியில் சிவப்பு விளக்கு எரிந்தது.

இந்த முறை அவர் பெரியண்ணனைக் கூப்பிடவில்லை. களத்தைத் தாண்டி நேராகக் குவார்ட்டர்ஸுக்கு நடந்து வந்தார். சுவரில் 'டிரைவர்ஸ் காட்டேஜ்' பலகை புதுசாக மின்னியது. வாசலில் பாத்திர மூட்டையும் சுருட்டிய பாயும் இருந்தன. மறுநாள் காலையில் டெம்போ வருவதாக ஏற்பாடு. போவது எங்கே என்று மட்டும் முடிவாகவில்லை.

"பாக்கியம், நானும் உன்னைய மாதிரியேதானப்பா பண்ணுனேன்! நிறுத்தறேன், அமத்தறேன், செருப்பைக் கழட்டிட்டுக் கும்புடறேன். உங்க மாதாவுக்கு எம்மேல என்ன கோவம்?"

"மாதாவுக்குக் கோவமெல்லாம் இல்லீங்க மொதலாளி. அமத்தறதுதானுங்க தப்பு. இஞ்சின் ஓடோணும். எண்ணெய் சுத்தி சூடு எறங்கோணும். நான் மரியே சொன்னது மூணு நிமிசத்தை அளக்கறதுக்குத்தானுங்க. நீங்க வாட்ச்சைப் பாத்துக்கிட்டாலே போதுமுங்க."

"திரும்பத் திரும்ப அந்த ஜீப்புக் கதையே சொல்லாத! இதைச் செஞ்சவனுக்குத் தெரியாதது உனக்குத் தெரிஞ்சுபோச்சா? வேண்டுதல் என்னன்னு சொல்லு. மறைக்காத."

பாக்கியநாதன் முப்பது வருடமாக இந்த மலையில் வண்டி ஓட்டுகிறார். ஒருநாளும் யாரையும் பள்ளத்தில் இறக்கினதில்லை. ஒரே ஒரு உண்மையைச் சொல்கிறார், அதற்குக் காது கொடுக்க ஆளில்லை. போய்யா நீயும் உன் குதிரையும் என்று சொல்ல வாயைத் திறந்துவிட்டார்.

அதற்குள் இன்பமேரி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"ஏனுங்க மொதலாளி, வேண்டுதலை வெளிய சொன்னாப் பலிக்காதுன்னு இவரு மென்னு முழுங்கறாருங்க. நான் சொல்றனுங்க. இஞ்சின் ஓடிட்டிருக்கறப்பவே ஜெபிக்கோணுமுங்க. அமத்திட்டு ஜெபிச்சா எந்த வண்டிக்கு ஜெபிக்கறாங்கன்னு மாதாவுக்கு எப்படீங்க தெரியும்?"

அண்ணாதுரையின் முகத்தில் வெளிச்சம் வந்தது. "அப்படிச் சொல்லு! இது நாயம்! ஏம்மா, நான் ஜெபிச்சா ஆகுமா?"

"ஆகுமுங்க. ஆனா அந்த வண்டிக்குப் பழகின வாயி இவரோடதுங்களே."

டெம்போவை வர வேண்டாம் என்று சொல்லியாயிற்று. பாத்திர மூட்டை உள்ளே போனது. பலகையை மட்டும் யாரும் கழற்றவில்லை. இப்போதும் டூரிஸ்டுகள் கதவைத் தட்டி ரூம் இருக்கிறதா என்று கேட்கிறார்கள், ரூம் இருக்கிறது, அதில் ஆளும் இருக்கிறது என்கிறாள் இன்பமேரி. பெரியண்ணன் அடைப்பை எடுத்துக் குழாயைச் சுத்தம் செய்து கொடுத்தார். வண்டி பாக்கியநாதன் கைக்குத் திரும்பியது.

வீடு மிஞ்சியதில் பாக்கியநாதனுக்குச் சந்தோஷம்தான். ஆனால் மனசு கேட்கவில்லை. மாதாவை மெக்கானிக் வேலைக்கு இழுத்துவிட்டோமே என்று உறுத்தியது. ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு முன் சர்ச்சில், பாவத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்கும் பாவசங்கீர்த்தனத்துக்குப் போய் முழங்காலிட்டு எல்லாவற்றையும் சொன்னார்.

"பொய் சொன்னது யாரு?" என்றார் பங்குச் சாமியார்.

"ஊட்டுக்காரிங்க சாமி. நான் சும்மா நின்னனுங்க."

"நீ நெசத்தைச் சொல்லலையா?"

"ரெண்டு தடவை சொன்னனுங்க. யாரும் வாங்கிக்கலீங்க."

தட்டிக்கு அந்தப் பக்கம் சாமியார் வெகுநேரம் இருமினார். பிறகு, "பரிகாரமா பத்து 'அருள் நிறைந்த மரியே' சொல்லு, போ" என்றார்.

அன்று மாலை சேலத்திலிருந்து முதலாளியையும் சங்கத்து நண்பர் ஒருவரையும் ஏற்றிக்கொண்டு பாக்கியநாதன் மலையேறினார். போர்ட்டிகோவில் நிறுத்தினார். இருவரும் கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டு இறங்கினார்கள். அவர் கண்ணை மூடினார். அப்போதுதான் அந்தச் சந்தேகம் வந்தது. இஞ்சினுக்கான பத்தும் பாவத்துக்கான பத்தும் ஒரே பத்தா, தனித்தனியா? கடவுளிடம் போய் ஒரே ரசீதை இரண்டு இடத்தில் காட்டுவது அவருக்குச் சரியாகப் படவில்லை. இஞ்சினுக்குப் பத்து சொல்லி முடித்து, தனக்கும் தனியாகப் பத்து சொன்னார். வண்டி ஆறு நிமிடம் உறுமியது.

வராந்தாவில் அண்ணாதுரை நண்பரின் தோளைத் தொட்டார். "பாத்தீங்களா, இன்னிக்கு டபுள்! இதுதாங்க என் இஞ்சினோட ரகசியம்." பிறகு இறங்கி வந்து, கண் திறந்த பாக்கியநாதனிடம் பயபக்தியோடு சொன்னார்: "நாளையிலிருந்து தெனமும் இதே அளவு பண்ணிடு பாக்கியம்."

பெட்ரோலைப் பற்றி அவர் ஒன்றும் கேட்கவில்லை.