உறுதியில் எழுதாத விலை

நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். இஸ்மாலெவ்வை ஹாஜியாரைத் தெரிந்தவர்கள்தான் இதை வாசிக்கப்போகிறீர்கள். ஒரு சொல்லைக் கூட்டினாலும் கண்டுபிடித்துவிடுவீர்கள்.

சுபஹுத் தொழுகைக்குப் பிறகு பள்ளி ஒலிபெருக்கியில் அவர் இறந்துவிட்டதாக ஜனாஸா அறிவித்தல் கேட்டது. உம்மா ரொட்டி சுட்ட கையோடு வாசலுக்கு வந்தார். "எங்கட ஹாஜியார் காக்காவா?" என்று என்னைக் கேட்டார். நான் தலையாட்டினேன்.

அவருடைய ஹார்ட்வெயார் கடைக்குக் கடன் கேட்டுப் போனால் முதலில் ஏச்சுத்தான். "என்ன, உன்ட வாப்பா எனக்கு மருமகனா?" என்பார். ஏசி முடிவதற்குள் சீமெந்து மூடை வண்டியில் ஏறியிருக்கும். "கட்டுற ஊட்டைப் பாதியில நிப்பாட்டப்படாது" என்பது அவர் அடிக்கடி சொல்வது.

ஆனால் நான் சொல்ல வேண்டியது பிரதேச செயலகத்தில் நடந்த விசாரணையைப் பற்றி.

வீதியை அகலிக்க அரசாங்கம் எங்கள் வளவுக் காணியை எடுத்தது. எனக்கு மூத்தவளான ராத்தாவுக்குச் சீதன வீடு கட்ட உம்மா வாங்கிய வளவு அது. நட்டஈடு குறைந்தால் வேறு வளவு வாங்க முடியாது. வீடு இல்லையென்றால் கலியாணமும் இல்லை. நட்டஈட்டைத் தீர்மானிக்கும் உத்தியோகத்தர், எதிர் வளவை விற்று எழுதிய உறுதியைக் காட்டினார். "போன வருசம் இந்த விலைக்குத்தானே வித்திருக்கு? நான் எப்படிக் கூடப் போடுற?"

அந்த வளவை வாங்கியவர் ஹாஜியார். முத்திரைத் தீர்வையைக் குறைப்பதற்காகக் கொடுத்த விலையில் பாதியைத்தான் உறுதியில் எழுதியிருந்தார். ஊரில் பலர் செய்வதுதான். மண்டபத்தில் எல்லோருக்கும் அது தெரியும். அயலவரைக் காட்டிக்கொடுக்க மனமில்லாமல் உம்மா என் கையை நெரித்துக்கொண்டிருந்தார்.

எங்களுக்குத் துணையாக வந்திருந்த ஹாஜியார் எழுந்தார். அவருடைய மகன் சட்டையைப் பிடித்து இழுத்தார்.

"வாப்பா, இரிங்க. கேஸாகும்."

"விடு. சேர், அது பொய் விலை. நான் குடுத்தது ரெண்டு மடங்கு."

"ஹஜ்ஜுக்குப் போய் வந்து எழுதின உறுதிதானே, ஹாஜியார்?" என்று பின்னாலிருந்து ஒரு குரல். எல்லோரும் சிரித்தார்கள்.

"ஓம் தம்பி, போய் வந்துதான். உன்ட உறுதியையும் கொண்டு வாவன், ரெண்டையும் சேர்த்து வாசிப்பம்."

சிரிப்பு நின்றது.

"எழுத்தில தருவீங்களா? தண்டம் வரும்" என்றார் உத்தியோகத்தர்.

"தாறன்."

மகன் எழுந்து வெளியே போய்விட்டார். மற்றவர்களும் கலைந்தார்கள். எழுதுவினைஞர் இரக்கப்பட்டு, விலை 'தவறுதலாக' குறைத்து எழுதப்பட்டது என்று வாக்குமூலத்தில் எழுதினார். ஹாஜியார் அந்தச் சொல்லை வெட்டி, மேலே 'தெரிந்தே' என்று எழுதினார். "பிழையா எழுதினன் எண்டா இதையும் நம்பமாட்டாங்க. அந்தப் புள்ளைட ஊடு எழும்பாது."

எங்கள் விலை கூடியது. ராத்தாவின் வீட்டுக்கு இப்போது அத்திவாரம் போட்டாயிற்று. அவருக்குத் தண்டம் வந்தது, கட்டினார். பங்கு தருகிறோம் என்று போன உம்மா ஏச்சு வாங்கித் திரும்பினார்.

பயம் தெரியாத மனிதர் என்று ஜனாஸா வீட்டில் பேசிக்கொண்டார்கள். வாக்குமூலத்தில் கையெழுத்திடும்போது அவருடைய கை நடுங்கியதை நான் பார்த்தேன். மற்றக் கையால் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு எழுதி முடித்தார். அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அதைத்தான்.

விசாரணை அன்று வெளியே வந்து ஹாஜியார் மகனின் மோட்டார் சைக்கிளைத் தேடினார். அது அங்கே இல்லை. "வாங்க, நடப்பம்" என்றார். எங்களுக்குப் பின்னால் மண்டபத்தின் விளக்குகளை அணைத்தார்கள்.