எக்ஸ்பியில் தைத்த சூசையப்பர் கொடி

செஞ்சி பேருந்து நிலையத்துக்குப் பின்னால் கம்ப்யூட்டர் எம்பிராய்டரி கடை வைத்திருக்கும் ஜோசப்பின் லேசுப்பட்ட பெண் இல்லை. சென்னையில் ஏற்றுமதி கம்பெனியில் தொழில் பழகி, அவர்கள் வேண்டாமென்று ஒதுக்கிய தையல் மிஷினையே வாங்கிவந்து கடை போட்டவள். மிஷின் பழசு. அதற்கு டிசைன் அனுப்பும் மென்பொருளோ விண்டோஸ் எக்ஸ்பியைத் தவிர வேறெதிலும் ஓடாது.

அவள் ஊர்க் கோயிலின் சூசையப்பர் திருவிழாக் கொடியை எப்போதும் பாண்டிச்சேரியில்தான் தைப்பார்கள். திருவிழாக் குழுத் தலைவர் அடைக்கலராஜிடம் மல்லுக்கு நின்று, இந்த வருஷம் அந்த வேலையை வாங்கிவிட்டாள்.

ஈஸ்டர் காலையில் வந்தது வினை. புருஷன் லாரன்ஸ், கோயிலில் மந்திரித்த தீர்த்தத்தைக் கொண்டுவந்து கடை முழுக்கத் தெளித்தான். சூடாகிறதென்று பக்கத் தகட்டைக் கழற்றி வைத்திருந்த கம்ப்யூட்டருக்கு மட்டும் கூடுதலாக இரண்டு கை! மனுஷன் பக்தியில் குறைவைக்கவில்லை. பட்டென்று ஒரு சத்தம், அவ்வளவுதான்.

சேதி அடைக்கலராஜுக்குப் போயிற்று. "முடியலன்னா இப்பவே சொல்லிடும்மா, பாண்டிச்சேரிக்கே போன் போட்டுடறன்" என்றார்.

"கொடி வரும் மாமா. நீங்க கம்பத்துக்குப் பெயின்ட் அடிங்க."

வீராப்பாகச் சொல்லிவிட்டாள். இதில் சறுக்கினால் ஊரில் தலைகாட்ட முடியாது.

புதுக் கம்ப்யூட்டர் வாங்கினாள். எக்ஸ்பி சிடியைப் போட்டால் நீலத் திரையில் வந்து நின்றது. விற்ற விநாயகம் கையை விரித்தான். "இன்னாக்கா நீ, இந்த போர்டு எக்ஸ்பிய கண்ணால கூட பாத்ததில்ல."

அவள் விடுவாளா? எக்ஸ்பியைக் கைவிட மனமில்லாத எவனோ ஒரு வெளிநாட்டுக்காரன் இணையத்தில் போட்டு வைத்திருந்த டிரைவரைத் தேடிப் பிடித்தாள். புது ஹார்ட் டிஸ்க்கை எக்ஸ்பிக்கு அடையாளம் காட்டும் கோப்பு அது. விநாயகம் அதைச் சிடியில் சேர்த்துக் கொடுத்தான். நீலத் திரை ஒழிந்தது. ஆனால் கீபோர்டு வேலை செய்யவில்லை, மவுசும் அசையவில்லை. அட கடவுளே! அவற்றைச் சொருகியிருந்த புது யுஎஸ்பி துளை எக்ஸ்பிக்குப் புரியவில்லை.

கம்ப்யூட்டரைத் திருப்பிப் பார்த்தாள். பின்பக்கம், யாரும் சீந்தாத ஒரு உருண்டைத் துளை இருந்தது. பழைய கீபோர்டின் உருண்டை முனையை அதில் சொருகி என்டர் தட்டினாள். நகர்ந்தது! கொஞ்ச நேரத்தில், செஞ்சி மலைகளில் தேடினாலும் கிடைக்காத எக்ஸ்பியின் அந்தப் பச்சைப் புல்மேடு திரையில் விரிந்தது. அவள் போட்ட கூச்சலில் எதிர் டீக்கடையே எழுந்து ஓடிவந்தது.

பழைய ஹார்ட் டிஸ்க்கில் டிசைன் பத்திரமாக இருந்தது. மிஷின் தடதடவென்று ஓட, சூசையப்பர் தாடியில் தொடங்கித் துணியில் உருவாகி வந்தார்.

கொடியேற்றத்தன்று பங்குச் சாமியார் கொடியை மந்திரித்துக் கொடுத்தார். உச்சியில் முடிச்சு அவிழ்ந்து பூ கொட்ட, குழந்தை யேசுவைச் சுமந்தபடி சூசையப்பர் காற்றில் விரிந்தார். வாணம் வெடித்தது. அடைக்கலராஜ் மைக்கைப் பிடித்தார். "இந்தக் கொடிய தச்சது நம்ம ஊரு ஜோசப்பின்!"

கைதட்டல் அடங்கவில்லை. ஜோசப்பினுக்குக் கண் நிறைந்துவிட்டது. கூட்டத்தைப் பிளந்துகொண்டு முன்னால் போனாள்.

"மாமா, ஸ்பீக்கரு சரியா கேக்கல. இன்னொரு தடவ சொல்லுங்க!"

அவர் இன்னும் உரக்கச் சொன்னார்.