முகிலிப்பட்டணத்து நாள்கணக்கு

சென்னியம்மாளுக்கு வாய் நீளம் என்று காரமடைப் பக்கத்தில் ஒரு பேச்சு உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும். இருபது வயதில் புருஷனைப் பிளேக்கில் பறிகொடுத்து, இடுப்பில் கைக்குழந்தையோடு அண்ணன் சுப்பண்ணன் வீட்டுக்கு வந்தவளுக்கு அந்த வாயையும் விட்டால் வேறு என்னதான் மிச்சம்?

அண்ணன் கெட்டவரில்லை. சோறு போட்டார், துணி எடுத்துக் கொடுத்தார், வெள்ளைத் துணிதான். சந்தைக்குக் கிளம்பும்போது மட்டும் ஒரு குரல் கொடுப்பார்: "அம்மணி, உள்ள போய்க்கோ." சென்னியம்மாள் சாணி வழித்த கையோடு போய்க் கதவுக்குப் பின்னால் நின்றுகொள்வாள். விதைப்புக்கு நாள் பார்த்தாலும் உள்ளே போ, கிணறு வெட்ட நேரம் குறித்தாலும் உள்ளே போ. அவள் ஒளிந்தால்தான் அது நல்ல நேரமாம். இந்த அநியாயத்தை எங்கே போய்ச் சொல்வது?

மகள் நஞ்சம்மாள் பேச்சு வந்த வயதில் ஒருநாள் கதவிடுக்கில் எட்டிப் பார்த்துக் கேட்டாள். "ஏம்மா ஒளிஞ்சுக்கறீங்க?"

சென்னியம்மாளுக்குப் பொத்துக்கொண்டு வந்தது. அழுகை இல்லை, ஆத்திரம். "இந்த ஊருப் பஞ்சாங்கம் அப்பிடி, கண்ணு. அந்த மலைக்கு அந்தாண்ட முகிலிப்பட்டணம்னு ஒண்ணு இருக்குது. அங்க நாள்கணக்கே வேற."

ஆரம்பித்தவள் நிறுத்தவில்லை. முகிலிப்பட்டணத்தில் நிலாவைக் கட்டுத்தறியில் கட்டிப் போட்டிருப்பார்கள். அது காணாமல் போக வழியில்லை, ஆகவே அமாவாசையும் இல்லை. ராகுவைப் பிடித்து எருமை மேய்க்க அனுப்பிவிட்டார்கள். அவனுக்கென்று தனியாக நேரம் ஒதுக்க வேண்டிய அவசியம் அங்கே யாருக்கும் இல்லை. களையெடுத்து முடித்தால்தான் அங்கே மாசம் முடியும். களை மாசம், பருத்தி மாசம், அப்புறம் சும்மா மாசம். சும்மா மாசத்தில் பெண்பிள்ளைகள் அடுப்புப் பக்கம் எட்டிப் பார்த்தால் அபராதம். எல்லாவற்றையும்விடப் பெரிய சட்டம் ஒன்று உண்டு: வெள்ளைச்சேலைக்காரி ஒருத்தி வாசலுக்கு வந்து சரி என்று சொன்னால்தான் அங்கே பொழுதே கிளம்பும். அவள் அசந்து தூங்கிவிட்டால் ஊரே இருட்டில் கிடக்க வேண்டியதுதான்!

நஞ்சம்மாள் அந்தப் பஞ்சாங்கத்தில்தான் வளர்ந்தாள். தண்ணிக்குப் போகும் இடத்தில், "ஏனுங்க சென்னியம்மா, உங்க பட்டணத்துல இன்னைக்கு என்ன மாசமுங்க?" என்று நக்கலடிப்பார்கள். "சும்மா மாசமுங்க, உங்களுக்கு ஆகாது" என்று இவளும் விடமாட்டாள்.

வால்பாறையில் ஒரு தேயிலை எஸ்டேட்டில் கணக்கெழுதும் திருமூர்த்திக்கு நஞ்சம்மாளைப் பேசி முடித்தார்கள். ஆனி கடைசித் திங்கட்கிழமை, வெயில் ஏறுவதற்குள் முகூர்த்தம். மறுநாள் ஆடி.

"தாலி கட்டற வரைக்கும் நீ உள்ரூமுலயே இருந்துக்கோ, அம்மணி" என்றார் சுப்பண்ணன்.

"பெத்தவ நானுங்கண்ணா. ஓரமா நின்னு பார்த்துக்கறேனுங்க."

"பெத்தவதான். அதுக்காகப் புள்ள வாழ்க்கையக் கெடுத்துப்போடுவியா?"

நீண்ட வாய் அன்றைக்குத்தான் அடைத்துப்போனது. கல்யாணத்தன்று மகளுக்குத் தலை பின்னிவிட்டு, தானே போய் அறைக்கதவைச் சாத்திக்கொண்டாள். மகள் கழுத்தில் தாலி ஏறுவதைப் பார்க்கக்கூட இந்தக் கண்ணுக்கு யோகம் இல்லையா என்று நினைத்தபோது நெஞ்சு எரிந்தது.

மாப்பிள்ளை வீட்டார் வரவில்லை. வெயில் பந்தலுக்குள் இறங்கிவிட்டது. ஒருவழியாகப் பெரியநாயக்கன்பாளையத்திலிருந்து அவர்கள் வண்டிகள் வந்து நின்றபோது ராகுகாலம் பிறந்துவிட்டது. என்ன ஆயிற்று என்று கேட்டால், மாப்பிள்ளையின் அப்பா தம்பிதுரை சொல்கிறார்: வழியில் வெள்ளைச்சேலை கட்டிய பெண் ஒருத்தி குறுக்கே போனாளாம். சகுனம் கழியட்டும் என்று வண்டியை அவிழ்த்துவிட்டுப் புளியமரத்தடியில் உட்கார்ந்தார்களாம். உட்கார்ந்தவர்கள் வெற்றிலை போட்டார்கள், கதை பேசினார்கள், நல்ல நேரம் நடந்தே போய்விட்டது. அடக் கொடுமையே!

"இனிமேப்பட்டு இன்னைக்கு நேரமில்லீங்க. நாளைக்கு ஆடி. அந்த வெள்ளைச்சேலக்காரி எல்லாத்தையும் கெடுத்துப்போட்டா. இந்தச் சம்பந்தமே வேண்டாமுங்க" என்றார் தம்பிதுரை.

அறைக்கதவு படாரென்று திறந்தது. சென்னியம்மாள் நேராகப் பந்தலுக்குள் வந்து நின்றாள்.

"அவ குறுக்க போனதால நேரம் போவலைங்க. நீங்க உக்காந்ததால போச்சு."

"உள்ள போ!" என்று கத்தினார் சுப்பண்ணன்.

"எதுக்குங்கண்ணா? நல்ல நேரத்துக்குத்தான நான் ஆகாதவ? அதான் போயிருச்சே. இது என்ற நேரமுங்க. நான் இங்கதான் நிப்பேன்."

மணவறையிலிருந்து நஞ்சம்மாள் வாயைத் திறந்தாள். "எங்கம்மா பஞ்சாங்கத்துல இன்னைக்கு நல்ல நாளுங்க. கட்டறவங்க கட்டலாம்."

திருமூர்த்தி அப்பாவைப் பார்த்தான், நஞ்சம்மாளைப் பார்த்தான். "எஸ்டேட்டுல சங்கு ஊதுனா வேலைக்குப் போறேனுங்கப்பா. எத்தன ராகுகாலத்துல போயிருக்கறேன்! நான் கட்டறேனுங்க." போய் மணவறையில் உட்கார்ந்துவிட்டான்.

கல்யாணச் சடங்கு செய்துவைக்க வந்த அருமைக்காரர் தாலித்தட்டைத் தொடமாட்டேன் என்று கையைக் கட்டிக்கொண்டார். தொடாவிட்டால் போகட்டும். சென்னியம்மாள் தாலியை எடுத்தாள். மருமகன் கையில் கொடுத்துவிட்டு, அவன் முடிச்சுப் போடுவதைக் கண் கொட்டாமல் பார்த்தாள்.

கைம்பெண்கள் கடைசிப் பந்தியில் உண்பதுதான் வழக்கம். அவள் முதல் பந்தியில் முதல் இலைக்கு முன்னால் போய் உட்கார்ந்தாள். பக்கத்தில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். வரிசையே காலியானது. சென்னியம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள், எழவில்லை.

"சோறு கொண்டாங்கப்பா, பசிக்குது" என்றாள்.

நஞ்சம்மாள் மாலையும் கழுத்துமாக வந்து அம்மாவின் தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்தாள். "எனக்கும் இங்கயே போடுங்க."